சார்ஜென்ட் அந்தக் கொலையைச் செய்யவில்லை

1

முதலிலேயே ஒத்துக்கொண்டுவிடுகிறேன். இந்தக் கதை பொறாமையில் பிறந்தது.

நான் புத்தகம் எழுதுகிறவன். என் கடைசி நாவலை வாசித்தவர்கள் எல்லோரையும் ஒரு பேருந்தில் ஏற்றினால் உட்கார இடம் மிச்சமிருக்கும். என் அக்கா தொலைக்காட்சியில் துப்பறியும் தொடர் எழுதி இயக்குகிறவள். ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் யாரையாவது கொல்கிறாள். ஊரே தட்டை மடியில் வைத்துக்கொண்டு பார்க்கிறது. முடிவெட்டிக்கொள்ளப் போனால் கடைக்காரர் சவரக் கத்தியை என் கழுத்தில் வைத்துக்கொண்டு, “உங்க அக்காகிட்ட கேட்டுச் சொல்லுங்களேன், யார் பண்ணது?” என்கிறார். என் நாவலைப் பற்றி யாரும் என் கழுத்தில் கத்தி வைத்துக் கேட்டதில்லை.

சரி, அவளைப் பற்றியே ஒரு கதை எழுதிவிடலாம் என்று போய் அனுமதி கேட்டேன்.

“எழுது. ஆனா என்னை ரொம்ப நல்லவளா காட்டாத. யாரும் நம்ப மாட்டாங்க,” என்றாள்.

2

முதல் தொடக்கம்: மழை பெய்துகொண்டிருந்தது. இயக்குநர் நாற்காலியில் அமர்ந்திருந்த அந்தப் பெண்ணின் கண்களில் ஒரு தீர்க்கமான

(நிறுத்திவிட்டேன். அக்காவின் கண்களில் தீர்க்கம் கிடையாது. கண்ணாடியை எங்கே வைத்தோம் என்ற கவலைதான் எப்போதும்.)

இரண்டாவது தொடக்கம்: பேருந்து நிலையத்தில், தவறவிட்ட பொருள்களைத் திருப்பித் தரும் ஜன்னலுக்குப் பின்னால் அக்கா பதினொரு வருடம் உட்கார்ந்திருந்தாள்.

இது உண்மை. இதையே வைத்துக்கொள்கிறேன். மூன்று சுவர் நிறைய இரும்பு அலமாரிகள். குடைகள், பைகள், ஒற்றைச் செருப்புகள், ஒருமுறை ஒரு செயற்கைக் கால். அங்கேதான் அவள் பொய்யைப் படித்தாள். தன்னுடையது அல்லாத குடையைக் கேட்டு வருகிறவன், நிறம், பிடி, கம்பி எல்லாவற்றையும் கடகடவென்று ஒப்பிப்பானாம். உண்மையான சொந்தக்காரர்தான், “நீலமா... இல்ல, கறுப்போ?” என்று தலையைச் சொறிவாராம்.

ஒரு நாள் ஒரு பை வந்தது. உள்ளே ஒரு துப்பறியும் தொடரின் எழுத்துப் பிரதி. அக்கா வாசித்தாள். (வாசிக்கக் கூடாது. விதி அப்படி.) பையைத் தேடி வந்த தயாரிப்பாளரிடம் அதைக் கொடுத்துவிட்டு, “சார், கொலைகாரன் தப்பு. சமையல்காரர் அப்படிச் செய்ய மாட்டார்,” என்றாள்.

பேட்டிகளில் அவள் சொல்வது இது: அவர் அசந்துபோய் அங்கேயே வேலை கொடுத்தார்.

நடந்தது இது: அவர் நிலைய மேலாளரிடம் புகார் எழுதிக் கொடுத்தார். அக்காவுக்கு எச்சரிக்கைக் கடிதம் வந்தது. மூன்று மாதம் கழித்து அந்தத் தொடர் ஒளிபரப்பாகி, பார்த்தவர்கள் எல்லோரும் சமையல்காரர் விஷயத்தில் காறித் துப்பிய பிறகுதான் அவர் ஃபோன் செய்தார். “நீங்க அன்னைக்கு என்னமோ சொன்னீங்களே, அதை மறுபடி சொல்லுங்க.”

3

எழுதினாள். அவருடைய அடுத்த தொடரை ஆறு வருடம் எழுதினாள். ஏழாவது வருடம், இயக்கிக்கொண்டிருந்தவர் திரைப்பட வாய்ப்பு வந்ததென்று ஒரு திங்கட்கிழமை காலை பாதிக் காட்சியில் எழுந்து போய்விட்டார். நாற்காலி காலியாக இருக்கக் கூடாதே என்று இவளை உட்கார வைத்தார்கள். முதல் காட்சி முடிந்ததும் ‘கட்’ சொல்ல வேண்டும். பதற்றத்தில் அந்த வார்த்தை வரவில்லை. “போதும்!” என்று கத்தினாள். இன்று வரை அந்தப் படப்பிடிப்புத் தளத்தில் ‘போதும்’தான்.*

* மற்றபடி அவளுக்கு எதுவும் போதாது. ஒரு தேநீர்க் கோப்பையை மேசையில் வைக்கும் காட்சியைப் பதினாறு முறை எடுத்திருக்கிறாள்.

4

இப்போது சார்ஜென்ட் வர வேண்டும்.

அவர் நடிகர். ஐம்பத்தெட்டு வயது, உருண்டையான உடம்பு, நாற்காலியில் உட்கார்ந்தால் நாற்காலி தெரியாது. தொடரில் காவல் நிலையத்து மூலையில் உட்கார்ந்து நாள்குறிப்பு எழுதுவார். எல்லோருக்கும் தேநீர் ஊற்றுவார். “ஆகட்டும் சார்” என்பார். ஒன்பது வருடம் இவ்வளவுதான். தெருவில் பார்த்தால் குழந்தைகள் சல்யூட் அடிப்பார்கள். இவரும் நின்று திருப்பி அடிப்பார்.

(இங்கே எனக்கு ஒரு சந்தேகம். இந்த ஆள் ரொம்ப நல்லவராக வந்துகொண்டிருக்கிறார். வாசகருக்கு அலுத்துவிடும். அக்காவிடம், “அவர்கிட்ட ஏதாவது கெட்ட குணம் இருக்கா?” என்று கேட்டேன். யோசித்துப் பார்த்துவிட்டு, “என் பேனாவை வாங்குவார், திருப்பித் தர மாட்டார். நாலு டஜன் போயிருக்கும். அப்புறம், யார் எதைத் தப்பா சொன்னாலும் திருத்துவார். கல்யாண வீட்ல கூட,” என்றாள். நன்றி. இனி அவரை நம்பலாம்.)

5

நானூற்றைம்பதாவது எபிசோட். போன வாரம் தொடங்கிய கதையின் முடிவுப் பகுதி. ஒரு கட்டட ஒப்பந்தக்காரர் ஏழு மாடிக் கட்டடத்தின் உச்சியிலிருந்து விழுந்து சாகிறார். தள்ளியது யார்? கடைசிப் பக்கங்களை அக்கா யாருக்கும் முன்கூட்டித் தருவதில்லை. படப்பிடிப்பு அன்று காலையில்தான் கையில் கிடைக்கும்.

அன்று நானும் அங்கே இருந்தேன். அவள் வீட்டில் விட்டுப்போன கண்ணாடியைக் கொடுக்கப் போயிருந்தேன். காவல் நிலைய அரங்கம்: மூன்று சுவர், நான்காவது சுவர் இருக்க வேண்டிய இடத்தில் கேமராவும் நாற்பது பேரும். சார்ஜென்ட் காகிதங்களோடு அக்காவிடம் வந்தார்.

“மேடம், இதுல ஒரு அச்சுப் பிழை. கொலைகாரன்னு போட்டிருக்கற இடத்துல என் பேர் வந்திருக்கு.”

“பிழை இல்லண்ணா. நீங்கதான்.”

“நானா?”

“ஒன்பது வருஷமா மூலையில உக்காந்திருக்கீங்க. உங்களை யார் சந்தேகப்படுவா? அதான்.”

அவர் தொப்பியைக் கழற்றிக் கையில் உருட்டத் தொடங்கினார்.

“எங்க ஃப்ளாட்ல அஞ்சு வீட்டுச் சாவி என்கிட்ட இருக்கு மேடம். வெளியூர் போறவங்க என்கிட்டதான் குடுத்துட்டுப் போவாங்க. வெள்ளிக்கிழமை இது வந்தா, சனிக்கிழமை காலையில வரிசையா வந்து வாங்கிட்டுப் போயிருவாங்க.”

“இது நடிப்புன்னு அவங்களுக்குத் தெரியாதா அண்ணா?”

“சாவி குடுக்கும்போது தெரியலையே மேடம்.”

(மூன்று நாவல் எழுதியிருக்கிறேன். இப்படி ஒரு வரி எனக்கு வாய்த்ததில்லை. அந்த மனிதர் தொப்பியை உருட்டிக்கொண்டே சொல்லிவிட்டார்.)

அக்காவின் முகம் கொஞ்சம் மாறியது. ஆனாலும், “நான் கதைக்காக எழுதறேன். சாவிக்காக எழுத முடியாது அண்ணா,” என்றாள்.

“சரி. அப்ப கதையையே பேசுவோம்.”

சீருடைப் பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்தார். ஒன்பது வருடம் அந்த மூலையில் அவர் எழுதியது வெறும் கோடு அல்ல. ஒவ்வொரு எபிசோடிலும் யார் எங்கே இருந்தார்கள், என்ன சொன்னார்கள், எல்லாம் தேதியோடு இருந்தது. அக்காவின் பேனாக்களால் எழுதியது.

“நாப்பத்தொண்ணாவது எபிசோட். ஒரு பூனையை இறக்க ஏணியில ரெண்டு படி ஏறுனதுக்கே எனக்குத் தலை சுத்திச்சு. எழுதுனது யாரு?”

“நான்தான்.”

“நூத்தி முப்பது. மூணாவது மாடி பால்கனியைப் பார்த்ததும் கண்ணை மூடிக்கிட்டேன். எழுதுனது?”

“அதுவும் நான்தான். ஆனா பயப்படற மாதிரி நடிச்சிருக்கலாமே? கொலைகாரன் கெட்டிக்காரன்.”

சுற்றியிருந்தவர்கள் “ஓ” என்றார்கள். லைட் தூக்குகிறவர் லைட்டைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டார்.

“இருக்கலாம். கொலை எத்தனை மணிக்கு?”

“சாயங்காலம் அஞ்சே முக்கால்.”

“போன வாரம் ஒளிபரப்பான எபிசோட், கொலை நடந்த அதே சாயங்காலம். நான் ஸ்டேஷன்ல எழுதிட்டிருக்கேன். என் கைக்கு நீங்க க்ளோஸப் வச்சீங்க. கைக்குப் பின்னால சுவர்க் கடிகாரம். மணி அஞ்சு நாப்பத்தேழு. ஊரே பார்த்தாச்சு மேடம். நான் எப்படி அங்க போய்த் தள்ளிட்டு, இங்க வந்து எழுதியிருப்பேன்?”

கலை இயக்குநர் தன் செருப்பை உற்றுப் பார்க்கத் தொடங்கினார். கடிகாரத்தை மாட்டியவர் அவர்தான்.

கேமராக்காரர் மெதுவாகச் சொன்னார்: “அதே ஷாட்ல ஒரு நாற்காலி காலியா இருந்துச்சு.”

இன்ஸ்பெக்டரின் நாற்காலி. நாற்பது தலைகள் திரும்பின. இன்ஸ்பெக்டராக நடிக்கும் தொடரின் கதாநாயகர் கழுத்தில் துண்டோடு பவுடர் போட்டுக்கொண்டிருந்தார்.

“எனக்கு அன்னைக்குப் பல் புடுங்கினாங்கய்யா! லீவு சொல்லிட்டுத்தானே போனேன்!”

“மாட்டினவங்க எல்லாரும் இப்படித்தான் சார் சொல்வாங்க,” என்றார் லைட்காரர்.

இன்ஸ்பெக்டர் கழுத்துத் துண்டை உருவினார். பிறகு அவர் முகத்தில் ஒன்பது வருடமாக யாரும் பார்க்காத ஒரு பிரகாசம் வந்தது. “ஏங்க... நானே கொலைகாரனா இருக்கலாமா? நிஜமாவா? எனக்கும் நடிக்க ஒரு சீன் கிடைக்குமா?”

6

இந்த இடத்தில் நான் எழுதியிருக்கக்கூடிய முடிவுகள்:

அ. இன்ஸ்பெக்டர்தான் கொலைகாரர். அழகான முடிவு. ஆனால் கதாநாயகர் ஜெயிலுக்குப் போனால் தொடரும் போய்விடும். அந்த நாற்பது பேரும் திங்கட்கிழமை எங்கே போவார்கள்?

ஆ. கொலையே இல்லை, ஒப்பந்தக்காரர் கால் தவறி விழுந்தார். நானாக இருந்தால் இதைத்தான் எழுதியிருப்பேன். என் பேருந்து ஏன் காலியாக இருக்கிறது என்று இப்போது புரிகிறதா?

இ. அக்கா பிடிவாதமாக சார்ஜென்டையே கொலைகாரராக்கி, கடிகாரத்தைக் குறித்துக் கேட்பவர்களிடம் “அது ஓடாத கடிகாரம்” என்று சமாளித்து, அவர் அந்த சனிக்கிழமை காலையில் கதவைத் திறந்து

(இதை முடிக்க மனம் வரவில்லை.)

7

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். அக்கா சாப்பாட்டு இடைவேளையில் ஒப்பனை அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். ஐந்து நிமிடத்தில் திறந்து, “அண்ணா, நோட்டை எடுத்துட்டு உள்ள வாங்க,” என்றாள்.

வெளியே நாங்கள் எல்லோரும் சாப்பாட்டை விட்டுவிட்டுக் கதவில் காதை வைத்தோம்.

“இது என்ன, பக்கத்துல கேள்விக்குறி போட்டிருக்கீங்க?”

“அது நீங்க விட்ட தப்பு மேடம். செத்தவரோட தொழில் பங்காளி சாட்சி சொல்ல வந்தாரில்ல, போன வாரம்? எத்தனை மணிக்கு விழுந்தார்னு யாரும் சொல்றதுக்கு முன்னாலயே அவர் சொல்லிட்டார். அவருக்கு எப்படித் தெரியும்? அன்னைக்கே சொல்லலாம்னு நினைச்சேன். நீங்க பதினாறாவது டேக்ல இருந்தீங்க, கோபமா இருந்தீங்க.”

உள்ளே நோட்டுப் பக்கங்கள் புரண்டன. பிறகு அக்கா சிரிக்கிற சத்தம். அவள் சிரித்தால் மூக்கில் வரும், குக்கர் விசில் மாதிரி.

வெளியே வந்தபோது கையில் ஆறு பக்கம். புதிய கதை இது: ஒன்பது வருடம் மூலையில் உட்கார்ந்திருந்த சார்ஜென்ட் முதல்முறையாக நாள்குறிப்பை மூடிவிட்டு எழுந்திருக்கிறார். முதலில் இன்ஸ்பெக்டரிடமே, “சார், அன்னைக்கு நீங்க எங்க இருந்தீங்க?” என்கிறார். இன்ஸ்பெக்டர் வாயைத் திறந்து பல் இல்லாத இடத்தைக் காட்டுகிறார். (ஒரே ஒரு டேக். அவர் வாழ்க்கையின் மிகச் சிறந்த நடிப்பு என்று எல்லோரும் கைதட்டினார்கள்.) பிறகு பங்காளியின் பக்கம் திரும்புகிறார். அக்காவின் கவனக்குறைவு துப்பாகிவிட்டது. பங்காளியாக நடித்தவர் இரண்டு நாள் வேலைக்கு வந்தவர்; கொலைகாரன் அவர்தான் என்றதும் மனைவிக்கு ஃபோன் செய்து, “கேட்டியா, நான்தானாம்!” என்று குதித்தார்.

வெள்ளிக்கிழமை ஒளிபரப்பானது. சனிக்கிழமை காலை சார்ஜென்ட் வீட்டு மணி அடித்தது. மேல் வீட்டம்மா. “மாடிப்படியில செருப்பு காணாமப் போகுது சார். நீங்க கொஞ்சம் என்னன்னு பாருங்களேன்.” அவர் நோட்டோடு போயிருக்கிறார்.*

* நாய். இரண்டு நாளில் கண்டுபிடித்துவிட்டார்.

8

கதை இங்கே முடிந்திருக்கலாம். ஆனால் அடுத்த வாரம் அக்கா அவரைக் கூப்பிட்டு, தன்னோடு உட்கார்ந்து எழுத வரும்படி கேட்டாள். ஒன்பது வருடத்தில் அவள் யாரையும் அப்படிக் கேட்டதில்லை. என்னையும்தான். (பொறாமை என்று முதலிலேயே சொன்னேன்.) ஒரே சிக்கல்: எழுதுகிற நேரமும் படப்பிடிப்பு நேரமும் ஒன்று. எழுத வந்தால் அந்த மூலையில் வேறு ஒருவர் உட்கார வேண்டும்.

“ஒரு வாரம் டைம் குடுங்க மேடம்,” என்றார் அவர். “எழுத வந்தா கொலைகாரன் யாருன்னு எனக்கு முதல்லயே தெரிஞ்சு போயிரும். அப்புறம் வெள்ளிக்கிழமை எதுக்கு டிவி முன்னால உக்காரணும்? அதுவும் போக, வாராவாரம் ஒருத்தரைக் கொல்லணும். எனக்கு அதுக்கு மனசு வருமான்னு தெரியல.”

அந்த ஒரு வாரம் இன்றோடு முடிகிறது. நான் அக்கா வீட்டுச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். அவர் எழுத ஒத்துக்கொள்வதாக ஒரு முடிவும், மறுப்பதாக ஒரு முடிவும் எழுதி வைத்திருந்தேன். இரண்டுமே எனக்குப் பிடித்திருந்தன. அக்கா என் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்து இரண்டையும் வாசித்தாள். காகிதத்தை உருவிக் கசக்கினாள்.

“அவரே இன்னும் முடிவு எடுக்கல. அதுக்குள்ள நீ எப்படிடா முடிவு எழுதுவ?”

வாசல் மணி அடித்தது. அவர்தான். சீருடை இல்லாமல் கொஞ்சம் இளைத்துத் தெரிகிறார். எனக்கு எதிரில் உட்கார்ந்தார். அக்கா தேநீர் போட உள்ளே போயிருக்கிறாள். தண்ணீர் கொதிக்கத் தொடங்கிவிட்டது. அவர் சமையலறைப் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டு, மேசை மேல் குனிந்து, தாழ்ந்த குரலில் என்னைக் கேட்கிறார்:

“தம்பி, நீங்க எழுதறவர். நீங்களா இருந்தா என்ன பண்ணுவீங்க?”

எனக்குத் தெரியவில்லை. கோப்பைகளின் சத்தம் கேட்கிறது, அக்கா வந்துகொண்டிருக்கிறாள். சீக்கிரம், நீங்களாவது சொல்லுங்கள்.