எல்லம்பூர் மண்

இருளம்மாள் கரைத்த மண் டம்ளரின் அடியில் தங்கும்வரை எல்லோரும் கட்டிலைச் சுற்றி நின்றார்கள். எம். புதுப்பட்டியில் அவளுடைய அப்பா உழுத கரிசல் காட்டு மண் அது. காடு கைமாறி நாற்பது வருஷம் ஆகிவிட்டது. இன்று காலை அவளே போய், இப்போதைய சொந்தக்காரரிடம் கேட்டு, ஒரு பிடி அள்ளி முந்தியில் முடிந்துகொண்டு பஸ் ஏறி விஸ்வநத்தம் வந்திருந்தாள். மேலாகத் தெளிந்த தண்ணீரை ஸ்பூனில் எடுத்துத் தம்பியின் வாயில் விட்டாள்.

"குடிச்சுக்கோ தம்பி. நம்ம காட்டு மண்ணு. ஆச தீந்துரும்."

தண்ணீர் கடைவாயில் வழிந்து தலையணையை நனைத்தது. சோலைச்சாமி விழுங்கவில்லை. கண்ணைத் திறக்காமலே, "ரோட்டத் தாண்டணும். மேடு அந்தப் பக்கம்" என்றார்.

மதுரை ஆஸ்பத்திரியில் இனி வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று சொல்லி அனுப்பி ஆறு நாள் ஆகிறது. சாப்பாடு இறங்கி மூன்று நாள். இந்த மூன்று நாளும் எல்லம்பூர், எல்லம்பூர் என்று இதே பேச்சுதான்.

இருளம்மாள் டம்ளரைத் தரையில் வைத்துவிட்டு, தம்பி மனைவி ராமுத்தாயின் கையைப் பிடித்து அடுப்படிக்குள் கூட்டிப்போனாள். குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"எல்லம்பூரு எல்லம்பூருங்கானே, அது எங்கன இருக்கு? சாத்தூருக்கு அங்கிட்டா?"

"இல்ல மதினி."

"ஒளிக்காமச் சொல்லு. அங்கன யாரும் இருக்காளா? இருந்தாச் சொல்லிவிட்டுருவோம். ஒரு எட்டு வந்து மூஞ்சியக் காட்டிட்டுப் போகட்டும். இந்த நேரத்துல எதுக்கு ரோசம்?"

ராமுத்தாய்க்குச் சிரிப்பு வருகிற மாதிரி இருந்தது. வரவில்லை.

"அது சீமையில இருக்குற ஊரு மதினி. அவுக அங்கிட்டுப் போனதே இல்ல."

இருளம்மாள் நம்பாமல் அவள் முகத்தையே பார்த்தாள்.

சோலைச்சாமி சிவகாசியில் ஓர் ஆப்செட் அச்சகத்தில் ஆர்ட்டிஸ்டாக இருந்தவர். காலண்டர் முருகனுக்கு வேல் தீட்டுவதும், பட்டாசுப் பெட்டி லேபிளில் கிளிக்கும் மயிலுக்கும் சிறகு திருத்துவதும் அவர் வேலை. இருபத்தைந்து வருஷத்துக்கு முன்னால் சென்னை ஏஜென்ட் ஒருவர் மூலம் ஒரு புத்தக ஆர்டர் வந்தது. இங்கிலாந்தில் எல்ம்போர்ன் என்ற சின்னக் கிராமம். அந்த ஊரின் நிலத்தைப் பற்றியும் பழங்காலத்தைப் பற்றியும் அங்குள்ள ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர் எழுதியது. முந்நூறு பிரதிதான். படங்கள் வந்த உறை வழியில் நனைந்து மை கலங்கிவிட்டதால், ஒன்பது வரைபடங்களையும் திரும்ப வரையும் வேலை அவர் தலையில் விழுந்தது.

எஸ்.எஸ்.எல்.சி. இங்கிலீஷும் பழைய அகராதி ஒன்றும்தான் அவருக்குத் துணை. ஒரு கோடு எங்கே வளைய வேண்டும் என்று தெரிவதற்காக ஒரு பக்கம் படித்தார். அப்புறம் எல்லாப் பக்கமும் படித்தார். ஐந்தாவது படத்தில் புதைமேடு ரோட்டுக்குக் கிழக்கே இருந்தது, எழுத்தில் மேற்கே இருந்தது. எது சரி என்று அந்த வாத்தியாருக்கே கடிதம் போட்டார். ஒரு மாதம் கழித்துப் பதில் வந்தது. 'உங்கள் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு போய் நின்று பார்த்தேன். மேற்கேதான். சிறு வயதிலிருந்து நான் ஏறி விளையாடிய மேடு.' வந்தால் தன் வீட்டில் தங்கலாம் என்றும் எழுதியிருந்தார். சோலைச்சாமி பதில் எழுதவில்லை. என்ன எழுதுவதென்று தெரியவில்லை என்றார்.

சீசன் முடிந்து ஊரே தூங்குகிற தீபாவளி மத்தியானங்களில் அவர் அந்த ஊரைப் பற்றி ராமுத்தாயிடம் சொல்வார். வடக்கே வெள்ளைக் குன்று. முழுக்கச் சுண்ணாம்பு. தெற்கே நம் கரிசல்போல ஒட்டுகிற களிமண். இரண்டும் சேருகிற இடத்தில் ஊற்று. ஊற்று இருந்ததால் நாலாயிரம் வருஷத்துக்கு முன்னாலேயே ஆள் குடியேறியிருக்கிறான். செத்தவர்களைச் சூரியன் உதிக்கிற திசை பார்க்கப் படுக்கவைத்து மேடு கட்டியிருக்கிறான். "நம்ம பக்கம் தாழிக்குள்ள வச்சான். அவன் மேட்டுக்குள்ள வச்சான். அம்புட்டுத்தான் வித்தியாசம்" என்பார். அவள் சீசன் முழுக்கப் பட்டாசுக் கம்பெனியில் குழாய் உருட்டிய அசதியில் பாதி கேட்டுப் பாதியில் உறங்கிப்போவாள். அவளுக்கு எழுத்துத் தெரியாது. அவள் காதில் அது எல்லம்பூர் என்றே விழுந்தது. அவரும் திருத்தவில்லை; நாளாக நாளாக அவரும் அப்படியே சொல்லத் தொடங்கினார்.

ஆனால் இந்த மூன்று நாளில் அவர் ஒரு தடவைகூட அவள் பெயரைச் சொல்லவில்லை. மகன் பெயரைச் சொல்லவில்லை. அடுப்படி ஜன்னலைப் பிடித்துக்கொண்டு நின்றபோது ராமுத்தாய்க்கு அதுதான் திரும்பத் திரும்ப நினைவில் வந்தது. நாத்தனார் சந்தேகப்பட்டபடி ஒருத்தி இருந்திருந்தால்கூடப் போய்ச் சண்டை போட்டிருக்கலாம்.

வெளியே மகன் பாண்டிச்செல்வம் வேப்பமரத்தடியில் போனைப் பார்த்தபடி நின்றான். அவனிடம் போனாள்.

"ஏலே, ஆலங்குளம் வரைக்கும் போயிட்டு வாரியா?"

"இப்பயா? எதுக்கும்மா?"

"சிமெண்ட் கம்பெனிக்குச் சுண்ணாம்புக் கல்லு வெட்டுறாகல்ல. அதுல ஒரு துண்டு வேணும்."

அவன் வாயைத் திறந்தான். அம்மாவின் முகத்தைப் பார்த்துவிட்டு வண்டிச் சாவியை எடுத்தான்.

அவன் போனபின் ராமுத்தாய் கட்டிலுக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். மத்தியான வெயில் வாசலில் அசையாமல் கிடந்தது. தூரத்தில் எந்தக் கம்பெனியிலோ வெடி போட்டுப் பார்த்தார்கள். இரண்டு சத்தம், பிறகு ஒன்றுமில்லை. இருளம்மாள் சுவரோரம் சாய்ந்து கண்ணை மூடியிருந்தாள். இத்தனை வருஷத்தில் அந்த ஊரைப் பற்றித் தானாக ஒரு கேள்விகூட அவரிடம் கேட்டதில்லை என்று ராமுத்தாய்க்குத் தோன்றியது.

"என்னங்க, இப்ப எங்கன இருக்கீக?"

மூச்சு ஒரு கணம் நின்று திரும்பியது. "சர்ச்சுக்கிட்ட."

"அந்த மரத்தடியிலயா? சர்ச்சுக்கும் மூத்த மரம்பீகளே?"

அவர் கண் திறந்தது. அவளைத் தேடிக் கண்டுபிடிக்க நேரமானது. "ஆமா. எட்டுப் பேரு கை கோத்துப் பிடிக்கணும்."

"கூட யாரு இருக்கா?"

"யாருமில்ல."

அவள் அவர் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். பழைய மைக்கறை நகக்கண்ணில் இன்னும் இருந்தது. எத்தனையோ முறை பாதி உறக்கத்தில் கேட்டது இப்போது தானாக வந்தது. மரத்திலிருந்து இறங்கினால் ஒற்றையடிப் பாதை. இரண்டு பக்கமும் வேலிச்செடி. அப்புறம் ரோமாபுரிச் சிப்பாய்கள் கயிறு பிடித்தாற்போல் போட்ட ரோடு. அவளுக்கு அது சாத்தூர் ரோடு மாதிரிதான் தெரிந்தது, ஆனால் பஸ் இல்லை, பனி மூடியிருந்தது. குன்று உப்புக் குவியல்போல் வெளுத்துத் தெரிந்தது.

"நான் வரட்டுமாங்க?"

உறங்கிவிட்டார் என்று நினைத்தாள்.

"வா" என்றார். "பைய வா. ஏத்தம்."

பாண்டிச்செல்வம் திரும்பி வரும்போது நாலு மணி இருக்கும். சட்டையெல்லாம் புழுதி. கைக்குட்டையில் சுற்றியிருந்த கல்லை நீட்டினான். முட்டை அளவு, சாம்பல் படிந்த வெள்ளை.

"கேட்டுக்குள்ள விடலம்மா. லாரியில இருந்து விழுந்து ரோட்டோரம் கெடந்துச்சு."

ராமுத்தாய் அதைக் கழுவி, அம்மியில் நாலு சொட்டுத் தண்ணீர் விட்டு உரசினாள். இவனுக்குப் பச்சைப் பிள்ளையில் வசம்பு உரசிய அதே வட்டம். பால் மாதிரி கொஞ்சம் திரண்டது. வழித்துத் தண்ணீரில் கலந்து எடுத்துவந்தாள்.

இருளம்மாள் எழுந்து உட்கார்ந்தாள். "என்னது அது?"

"அவுக மண்ணு மதினி."

இருளம்மாள் தான் கொண்டுவந்த டம்ளரைப் பார்த்தாள். கரிசல் முழுக்கத் தங்கி, மேலே தண்ணீர் தெளிந்து நின்றது. கட்டிலுக்கு வந்து தம்பியின் கழுத்துக்கு அடியில் கையைக் கொடுத்துத் தலையைத் தூக்கிப் பிடித்தாள்.

"ஊத்து" என்றாள்.

ராமுத்தாய் ஸ்பூனைச் சாய்த்தாள். குரல்வளை ஏறி இறங்கியது. இன்னொரு ஸ்பூன். அதுவும் இறங்கியது. பாண்டிச்செல்வம் முகத்தை வாசல் பக்கம் திருப்பிக்கொண்டான்.

"வந்துட்டியா?" என்று சோலைச்சாமி கேட்டார்.

"வந்துட்டேன்."

"மேடு பாத்தியா?"

"பாத்தேன். மேக்காலதான் இருக்கு."

அவர் முகத்தில் ஏதோ இளகியது. மூச்சுக்கும் மூச்சுக்கும் இடைவெளி கூடிக்கொண்டே போனது. ஒவ்வொரு இடைவெளியிலும் மூன்று பேரும் காத்திருந்தார்கள். மிகவும் மெல்ல, உதடு மட்டும் அசைய, "ஓட வந்திருச்சு" என்றார்.

"ஓடையா? நீங்க சொன்னதில்லையே."

"எப்பவும் இருக்காது. மழைக்குப் பெறகுதான் தண்ணி வரும்."

"ஆளமாங்க?"

"கரண்டக்காலுதான்." கொஞ்சம் நிறுத்தினார். "சேலையத் தூக்கிக்கோ ராமு. நனைஞ்சிரும்."

அடுத்த மூச்சுக்காகக் காத்திருந்தார்கள். வெளியே கம்பெனி வேன் வந்து நின்று, வேலை முடிந்த பெண்கள் பேசிக்கொண்டே இறங்கிப் போனார்கள். பேச்சு தெருமுனையில் தேய்ந்து மறைந்தது. பாண்டிச்செல்வம் குனிந்து அப்பாவின் மூக்கருகே புறங்கையை வைத்துப் பார்த்தான். பிறகு கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டான்.

இருளம்மாள் தம்பியின் தலையை மெதுவாகத் தலையணையில் வைத்தாள். கண்ணை மூடிவிட்டாள். கால் விரல்களைக் கட்டத் துணி கிழிப்பதற்காகத் திரும்பியவள் அப்படியே நின்றாள்.

ராமுத்தாய் கட்டிலோரம் எழுந்து நின்றிருந்தாள். அவளுடைய ஒரு கை சேலையைக் கொசுவத்தோடு பிடித்து, கணுக்காலுக்கு மேலே தூக்கியபடி இருந்தது. பாதம் இரண்டும் காய்ந்த சிமெண்ட் தரையில் ஒன்றன் பின் ஒன்றாக ஊன்றியிருந்தன.

இருளம்மாள் அவளைக் கூப்பிடவில்லை. துணியைச் சத்தம் வராமல் கிழித்தாள்.