நூற்றுக்குத் தொண்ணூறு

அவனுக்குக் கணக்கு என்று பெயர் வைத்தது அந்தக் குழுதான். வீட்டில் அவன் பெரியவன், கண்ணாடிக் கடையில் லென்ஸ்காரன். ஆனால் ஞாயிற்றுக்கிழமை மதியம் காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்துவிட்டால் கணக்கு. வாளும் மந்திரமும் பூதங்களும் நிறைந்த ஆன்லைன் விளையாட்டு அது. அங்கே பூட்டைத் திறப்பதானாலும் சரி, பூதத்தின் காலடியில் பதுங்கிப் போவதானாலும் சரி, உலையில் ஆயுதம் அடிப்பதானாலும் சரி, எதுவும் நிச்சயமில்லை. பலிக்கலாம், புஸ்ஸென்றும் போகலாம். பலிப்பதற்கு நூற்றுக்கு எவ்வளவு வாய்ப்பு என்பதை விளையாட்டு வெளியே சொல்லாது. கணக்கு சொல்லுவான்.

"கணக்கு, இந்தப் பெட்டிய நான் திறந்தா?" என்று கேட்பார் டிரைவர். நிஜத்திலும் லாரி ஓட்டுகிறவர்.

"உங்க திறமைக்கு நூத்துக்கு முப்பது. கைய வச்சுக்கிட்டு சும்மா இருங்க அண்ணே."

இப்படிச் சொல்வதில் அவனுக்கு ஒரு சுகம். கடையில் யாரோ ஒரு டாக்டர் எழுதி அனுப்பிய பவருக்கு லென்ஸ் தேய்க்கிறவனுக்கு, தான் சொன்ன எண்ணுக்கு ஏழு பேர் காத்திருப்பது சின்ன விஷயமா? தலை கொஞ்சம் கனத்துத்தான் போயிருந்தது.

குழுவில் மற்றவர்கள் சகுனக்காரர்கள். தலைவர் என்று அழைக்கப்பட்டவர் ஒரு பள்ளிக்கூடத்தின் விளையாட்டு ஆசிரியர். கைக்கடிகாரத்தைக் கழற்றி வைத்துவிட்டுத்தான் பட்டனை அமுக்குவார். நர்ஸ் அக்கா மூச்சைப் பிடித்துக்கொண்டு அமுக்குவார். டிரைவருக்கோ எல்லாமே கைராசி. யார் கை நல்ல கை, யார் கை ஓட்டைக் கை என்று வாய் ஓயாமல் பேசுவார். கணக்கு அவர்களை ஓட்டித் தள்ளுவான். "ராசியாவது மண்ணாங்கட்டியாவது! எல்லாம் எண்ணு. எண்ணுக்கு யார் கைன்னு தெரியுமா?"

இதே பேச்சைப் பேசித்தான் தங்கையையும் குழுவுக்குள் இழுத்து வந்தான்.

அவள் மனசு நொந்து வீட்டோடு கிடந்த சமயம் அது. முதலில் வேலைக்குப் போன செல்போன் கடையை ஒரு வருஷத்துக்குள் மூடினார்கள். அடுத்து ஒரு டிராவல்ஸ் ஆபீஸ், அதுவும் ஷட்டரை இறக்கியது. மூன்றாவதாகக் குழந்தைகள் காப்பகம் ஒன்று. அங்கே சேர்ந்த கொஞ்ச நாளிலேயே கட்டடத்துக்காரர் இடத்தைக் காலி பண்ணச் சொல்லிவிட்டார். சொந்தக்காரர்கள் சும்மா இருப்பார்களா? "எங்க ஆபீஸ் பக்கம் மட்டும் வந்துடாதம்மா" என்று சித்தப்பா ஒரு விசேஷ வீட்டில் எல்லோர் முன்னாலும் சொல்லிச் சிரித்தார். அவளும் கூடவே சிரித்தாள். வீட்டுக்கு வந்ததும் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு நெடுநேரம் குழாயைத் திறந்துவிட்டிருந்தாள்.

"நான் தொட்டா எதுவும் விளங்காது அண்ணா. உங்க விளையாட்டையும் கெடுக்கணுமா?" என்றாள் அவன் கூப்பிட்டபோது.

"லூசு மாதிரிப் பேசாத. அந்தக் கடைய மூடுனது அவன் வாடகை கட்டாததால. உன் ராசியா வந்து வாடகை கட்டாம விட்டுச்சு?" என்றான் அவன். அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வெகுநாள் கழித்து வந்த சிரிப்பு.

அவள் விளையாட்டில் கொல்லர் வேலையைத் தேர்ந்தெடுத்தாள். ஹாலில் பழைய லேப்டாப்பை வைத்துக்கொண்டு ஊசி, ஆணி, குறுவாள் என்று அடித்து அடித்துத் திறமையை வளர்த்தாள். சில மாதங்களில் குழுவிலேயே பெரிய கொல்லர் அவள்தான். "பட்டறையம்மா" என்று தலைவர் கூப்பிடும்போது அவள் குரலில் ஒரு நிமிர்வு வந்தது. வெளியே வேலை தேட மறுபடி ஆரம்பித்தாள். பல் ஆஸ்பத்திரி ஒன்றில் வரவேற்பு மேசைக்கு ஆள் எடுக்கிறார்கள் என்று விண்ணப்பித்து, திங்கட்கிழமைக்கு இன்டர்வியூவும் வந்தது. அம்மாவுக்குக் கால் தரையில் பாவவில்லை.

அந்த இன்டர்வியூவுக்கு முந்தைய வாரம்தான் விளையாட்டில் நெருப்பு வாள் அடிக்கும் ஞாயிறு வந்து சேர்ந்தது.

அந்த வாளுக்கு வேண்டிய நாகச் செதில் லேசில் கிடைக்காது. குழுவே மாசக்கணக்கில் ஒரே குகையில் செத்துச் செத்துப் பிழைத்துச் சேர்த்தது. டிரைவர் சரக்கு இறக்கக் காத்திருக்கிற நேரத்தில் போனில் விளையாடிச் சேர்த்தார். நர்ஸ் அக்கா சாப்பாட்டு இடைவேளையில் சேர்த்தார். உலையில் போட்டு அடிக்கும்போது தவறிவிட்டால் அத்தனையும் கரி.

"எவ்வளவு கணக்கு?" என்றார் தலைவர்.

அவன் தொண்டையைச் செருமிக்கொண்டான். "தங்கச்சி திறமைக்கு நாப்பது. பட்டறைக்கல்லுக்கு இருபது, வெள்ளிச் சுத்தியலுக்குப் பதினஞ்சு, நர்ஸ் அக்கா போடுற ஆசி மந்திரத்துக்குப் பதினஞ்சு. கூட்டிக்கோங்க. நூத்துக்குத் தொண்ணூறு."

"போன வாரம் கம்பெனிக்காரன் ஏதோ மாத்தியிருக்கான்னு நீளமா ஒரு அறிவிப்பு வந்துச்சே, அதப் பாத்தியா?"

"பாத்தேன், பாத்தேன். நமக்கு அதுல ஒண்ணும் இல்ல."

பார்த்திருந்தான்தான். விரலால் மேலிருந்து கீழே ஒரே தள்ளாகத் தள்ளிப் பார்த்திருந்தான்.

"அண்ணா, வேற யாராவது அமுக்கட்டுமே" என்றாள் தங்கை. ஹெட்போனிலும் கேட்டது, கதவுக்கு வெளியே ஹாலிலிருந்தும் கேட்டது.

"கொல்லர் நீதான? தொண்ணூறுன்னா தொண்ணூறு. அமுக்கு."

அவள் அமுக்கினாள். உலை ஒரு தரம் பளீரென்று எரிந்தது. பிறகு திரையில் கரி மட்டும் கிடந்தது.

நர்ஸ் அக்கா மூக்கை உறிஞ்சுவது கேட்டது. "தொண்ணூறுன்னு சொன்னியேப்பா" என்றார் தலைவர். திட்டியிருந்தால்கூடத் தேவலை, அப்படி ஒரு சோர்ந்த குரல். அவனுக்குக் காது மடல் சூடாகிவிட்டது. ஏழு பேரும் தன் மூஞ்சியையே பார்ப்பது மாதிரி இருந்தது, அங்கே யாருக்கும் யார் மூஞ்சியும் தெரியாது என்றாலும்.

"பத்து இருக்குல்ல தலைவரே... அந்தப் பத்துல விழுந்துடுச்சு" என்றான்.

"அது எப்படிப்பா கரெக்டா அந்தப் பத்துல விழும்?" என்றார் டிரைவர். "நான் யாரையும் தப்பா சொல்லல. ஆனா கைராசின்னு ஒண்ணு இருக்கா இல்லையா? நீயே சொல்லு கணக்கு."

எத்தனை தடவை இதே கேள்விக்கு அவன் எகிறிக் குதித்திருக்கிறான்! அன்றைக்கு அவனுக்கு வேண்டியதெல்லாம் அந்த ஏழு பேரின் பார்வையும் தன் மேலிருந்து கொஞ்சம் நகர வேண்டும் என்பது மட்டும்தான்.

"இருக்கலாம்" என்றான்.

ஹாலில் லேப்டாப் மூடப்படும் சத்தம் கேட்டது.

தான் சொன்ன தொண்ணூறு சரிதான் என்று தனக்கே காட்டிக்கொள்ளத்தான் அவன் அந்த அறிவிப்பைத் திறந்தான். பாதிக்கு மேல் வந்ததும் திரும்பவும் மேலிருந்து படித்தான். இனிமேல் கல்லும் சுத்தியலும் மந்திரமும் கொடுக்கும் எண்ணை அப்படியே கூட்டக் கூடாதாம். கொல்லரின் சொந்தத் திறமையில் அத்தனை விழுக்காடுதான் கூடுமாம். எல்லாம் சேர்ந்து ஐம்பது. நாற்பதில் ஐம்பது விழுக்காடு வெறும் இருபது. ஆக மொத்தம் அறுபது. அறுபதை நம்பி அந்தச் செதிலை உலையில் போட யாருமே சம்மதித்திருக்க மாட்டார்கள்.

உடனே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. சாப்பிட்டுவிட்டுச் சொல்லலாம் என்று நினைத்தான். சாப்பிட்டதும் நாளைக்குச் சொல்லலாம் என்று தோன்றியது. கடையில் லென்ஸ் தப்பாகத் தேய்த்துவிட்டால் அந்த நிமிஷமே முதலாளியிடம் போய், "சார், இது போச்சு" என்று சொல்லிவிட்டு வேறு கண்ணாடி எடுக்கிறவன்தான் அவன். அதற்கு அவன் கூசியதே இல்லை. இதற்கு நாக்கு எழவில்லை.

வாரத்தின் நடுவில் ஒருநாள் சாப்பாட்டு மேசையில் அம்மா போட்டு உடைத்தாள். "இவ இன்டர்வியூவுக்குப் போகமாட்டாளாம். என்னன்னு நீயாவது கேளுடா."

"பாவம்மா அந்த டாக்டர்" என்றாள் தங்கை, தட்டைப் பார்த்தபடி. "இப்பதான் ஆஸ்பத்திரி ஆரம்பிச்சிருக்கார். நல்லா இருந்துட்டுப் போகட்டும்."

விளையாட்டாகச் சொல்வதுபோல்தான் சொன்னாள். அவன் எடுத்த கவளத்தைத் தட்டிலேயே போட்டான். 'சீ, நானும் ஒரு அண்ணனா' என்று இருந்தது. ஆனாலும் தண்ணீர் எடுக்கிற சாக்கில் எழுந்து போனான்.

அடுத்த ஞாயிறு குழு கூடியபோது அவள் வரவில்லை. அவன் ஒருவழியாக மனசைத் திடப்படுத்திக்கொண்டு சொன்னான். "எல்லாரும் கேளுங்க. தப்பு என்னோடது. தொண்ணூறு இல்ல, அறுபதுதான். அந்த அறிவிப்ப நான் ஒழுங்கா படிக்கல. தங்கச்சி மேல ஒரு தப்பும் இல்ல."

டிரைவர் பெருமூச்சு விட்டார். "அண்ணன்னா இப்படி இருக்கணும்ப்பா. தங்கச்சிக்காகத் தன் பேரையே கெடுத்துக்கிறான் பாரு."

"அண்ணே, நிஜமாத்தான் சொல்றேன். அறிவிப்ப எடுத்துப் பாருங்க."

"எல்லாம் புரியுதுப்பா" என்றார் நர்ஸ் அக்கா. குரல் தழுதழுத்தது. "நீ தப்பா கணக்குப் போடுறவனா? எனக்கும் ஒரு அண்ணன் இருக்கானே, போன் பண்ணினாக்கூட எடுக்கமாட்டான்."

"சரி, நடந்தது நடந்துபோச்சு. மறுபடி சேப்போம்" என்று தலைவர் பேச்சை முடித்துவிட்டார். எவரும் அறிவிப்பைத் திறக்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு அவனை நம்பியே பழகியவர்கள், அவன் தப்பு என்று சொன்னதை மட்டும் நம்பவில்லை. இதில் கேவலம் என்னவென்றால், நர்ஸ் அக்கா அப்படிச் சொன்னபோது ஒரு கணம் அவனுக்கு உள்ளே குளுகுளுவென்று இருந்தது. அதை உணர்ந்ததும் ஹெட்போனைப் பிடுங்கி மேசையில் எறிந்தான்.

திங்கட்கிழமை காலையில் அவள் ஹாலில் துணி மடித்துக்கொண்டிருந்தாள். இன்டர்வியூவுக்கு இன்னும் நேரம் இருந்தது. அவன் எதிரே வந்து உட்கார்ந்தான்.

"நேத்து நர்ஸ் அக்கா மெசேஜ் போட்டாங்க" என்றாள் அவள். "எனக்காக என்னென்னமோ சொன்னியாமே. எதுக்கு அண்ணா? நீ பொய் சொல்லித்தான் நான் நல்லவளாகணுமா?"

அவன் போனை நீட்டினான். அறிவிப்பில் அந்த இடத்தைத் திறந்தே வைத்திருந்தான். அவள் படித்தாள். திரும்பவும் படித்தாள். உதடு லேசாக அசைந்தது. நாற்பது, ஐம்பது, இருபது என்று அவளே கூட்டிப் பார்த்துக்கொண்டாள்.

"அறுபதுதானா?"

"அறுபதுதான்."

"நாம வாள் அடிக்கிறதுக்கு முன்னாடியே இது வந்துடுச்சா?"

"வந்துடுச்சு. நான்தான் படிக்காம, படிச்சேன்னு சொல்லிட்டேன். உன் கைக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல. எந்திரி. கிளம்பு. நான் பைக்ல கொண்டு போய் விடுறேன்."

அவள் முகம் தெளிந்தது. அவன் கண்ணெதிரிலேயே தெளிந்தது. அப்பாடா என்று அவன் மூச்சு விட்டான். ஆனால் அவள் எழுந்திருக்கவில்லை. கையில் இருந்த துண்டை மடித்து முடித்து, அடுக்கின் மேல் வைத்துவிட்டு நிதானமாகக் கேட்டாள்.

"இது தப்புன்னு உனக்கு எப்பத் தெரியும்?"

"அன்னைக்கே. விளையாட்டு முடிஞ்சப்புறம் எடுத்துப் படிச்சேன். அப்பத்தான் தெரிஞ்சுது."

"அப்போ டிரைவர் அண்ணன் கேக்குறப்ப உனக்குத் தெரியாது."

"சத்தியமா தெரியாது" என்றான் அவன் அவசரமாக. அது தனக்குச் சாதகமான பதில் என்று நினைத்துக்கொண்டு சொன்னான்.

"தெரியாது" என்றாள் அவளும். "தொண்ணூறு சரின்னுதான் நினைச்சுக்கிட்டு இருந்த. அப்படி இருந்தும், கைராசி இருக்கலாம்னு சொன்ன. அப்போ என்னப் பத்தி நீயும் அப்படித்தான் நினைச்ச, இல்லையா?"

அவன் இத்தனை நாளும் தன் குற்றம் ஒரு கூட்டல் தப்பு, அதற்கு மேல் ஒரு மௌனம், அவ்வளவுதான் என்று எண்ணியிருந்தான். அதைச் சொல்லிவிட்டால் விடுபட்டுவிடலாம் என்றும் எண்ணியிருந்தான். அதற்கும் அடியில் இது கிடந்தது அவனுக்கே தெரியாது. இல்லை என்று சொல்லலாம். பயத்தில் வாயில் வந்ததை உளறினேன் என்றும் சொல்லலாம், அதில் பாதி நிஜமும்கூட. ஆனால் உலை அணைந்து கரி விழுந்த அந்தக் கணத்தில் சித்தப்பா சிரித்த சிரிப்பு தன் மனசுக்குள் ஓடியதை அவன் எப்படி இல்லை என்பான்? அவள் முகத்தை அவனால் பார்க்க முடியவில்லை. மடித்து வைத்த துணியையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"ஒரு நிமிஷம் நினைச்சேன்" என்றான். குரல் அவனுக்கே கேட்கவில்லை.

அவள் தலையை ஆட்டிக்கொண்டாள். அழவில்லை. உள்ளே போய்ச் சேலை மாற்றிக்கொண்டு, சான்றிதழ் ஃபைலை எடுத்துக்கொண்டு வந்தாள். அம்மா ஓடிவந்து, "போறியாடி கண்ணு?" என்று கன்னத்தை வழித்தாள். அவன் பைக் சாவியோடு வாசலில் நின்றான்.

"நான் பஸ்ல போய்க்கிறேன்" என்றாள் அவள் செருப்பை மாட்டியபடி. "வேலை கிடைச்சா அம்மாகிட்ட சொல்றேன்."

அவள் தெருமுனை திரும்பும்வரை அம்மா கையை ஆட்டிக்கொண்டிருந்தாள். பிறகு அவன் பக்கம் திரும்பி, "என்னடா மந்திரம் போட்ட? நான் ஒரு வாரமா கெஞ்சியும் அசையாதவ, நீ சொன்னதும் கிளம்பிட்டாளே!" என்று பூரித்துப்போய் அவன் முதுகில் தட்டினாள்.