மைனா கொண்டுவந்த எலிகள்

அந்த வாரத்தில் மைனா கொண்டுவந்த மூன்றாவது எலி அது. வேல்விழியின் தலையணைக்குப் பக்கத்தில், யாரோ எடுத்து வைத்ததுபோல வால் நேராக நீண்டு கிடந்தது. கழுத்தில் ஒரே கடி. வேறு காயமில்லை.

மைனா பூனை. கன்னங்கரேல் என்றிருக்கும். அதற்குப் பறவையின் பெயரை வைத்தது செல்வக்குமாரின் மனைவி பானுப்பிரியா. "மைனான்னு கூப்பிட்டா மைனாவைப் பிடிக்காது பாருங்க" என்றாள். ஆறாம் நாளே பிடித்தது. பானுப்பிரியா போய் இரண்டு வருஷமாகிறது. மூளைக்காய்ச்சல், மூன்றே நாள்.

அதன்பிறகு செல்வக்குமாருக்கு எதுவும் பெரிதாகப் படுவதில்லை. சாப்பிட்டான். நாலு வயது மகள் வேல்விழிக்குத் தலை சீவிவிட்டான். விஸ்வநத்தம் பக்கத்தில் ஒரு பட்டாசுக் கம்பெனியில் போர்மேன் வேலைக்குப் போய்வந்தான். வெடிமருந்து கலக்கும் அறையில் அவன் கை நடுங்கி யாரும் பார்த்ததில்லை. அதை எல்லோரும் திறமை என்று நினைத்தார்கள்.

எலியை எடுத்துப்போட நாள்காட்டியில் ஒரு தாளைக் கிழித்தான். குனிந்தபோது எலியின் மீசையில் ஏதோ மின்னியது. தொட்டுப் பார்த்தான். விரலில் சாம்பல் வெள்ளையாக வழுவழுவென்று ஒட்டியது. அதைத் தெரிந்துகொள்ள பி.எஸ்ஸி. வேதியியல் வேண்டியதில்லை. சிவகாசிப் பக்கம் எந்தப் பிள்ளையும் சொல்லிவிடும். வெடிமருந்தில் சேர்க்கும் அலுமினியப் பவுடர்.

முதலில் தன்னைத்தான் சந்தேகப்பட்டான். சட்டையில் ஒட்டி வந்திருக்கும். அன்று கம்பெனித் தொட்டியில் இரண்டு தடவை குளித்தான். வேலைச் சட்டையை அங்கேயே விட்டுவிட்டு வந்தான். வீட்டுக்கு வந்ததும் மைனாவை ஈரத்துணியால் துடைத்தான். நான்கு பாதங்களும் வெள்ளி முலாம் பூசியதுபோல இருந்தன. அது அவன் மணிக்கட்டில் மூன்று கோடு போட்டுவிட்டுக் கட்டிலுக்கு அடியில் போய் மீதியை நக்கிக்கொண்டது.

சனிக்கிழமை காலையில் நான்காவது எலி. அதன் பல்லிடுக்கில் காக்கித்தாள் துணுக்கு ஒன்று இருந்தது. முகர்ந்து பார்த்தான். மைதாப் பசை.

வெடிக் குழாய் சுற்றும் பசைக்கு மயில்துத்தம் போட்டுக் காய்ச்சுவார்கள். கம்பெனியில் அது பழக்கம். துத்தம் போட்ட பசையை எலி சீண்டாது. ஆக, துத்தம் போடாத பசை எங்கேயோ இருக்கிறது. பக்கத்திலேயே மருந்தும் இருக்கிறது. பூனை நடந்து போய்த் திரும்பும் தூரத்தில்.

தீபாவளி சீசனில் சில வீடுகளில் லைசென்ஸ் இல்லாமல் பட்டாசு வேலை நடக்கும் என்பது ஊருக்கே தெரியும். யார் வீடு என்று யாரும் கேட்பதில்லை. கேட்டவன் அப்புறம் அந்தத் தெருவில் நடமாட முடியாது. அன்று கம்பெனியில் அவன் உட்காரவே இல்லை. பூனை குதித்தால் எது சரியும், எது எதன்மேல் உரசும் என்று மனம் ஓடிக்கொண்டே இருந்தது. எலி ஓர் இரும்புக் கம்பியைத் தள்ளிப் பொறி பறந்தாலும் போதும்.

ஞாயிற்றுக்கிழமை விடுமுறை. வேல்விழி எழுந்ததும் வழக்கம்போல அடுத்த வீட்டுக்கு ஓடிவிட்டாள். அந்த வீட்டுக் குருவம்மாள்தான் அவளைத் தினமும் காலை எட்டிலிருந்து மாலை ஆறு வரை பார்த்துக்கொள்கிறவள். வேல்விழிக்கு அவள் பெரியம்மா. குருவம்மாளின் கணவர் சங்கிலிமுத்து வேலைபார்த்த கம்பெனியின் லைசென்ஸ் ரத்தாகி எட்டு மாதம். இப்போது சாத்தூரில் லோடு ஏற்றப் போகிறார்.

மைனா கிளம்பியது. செல்வக்குமார் டீ டம்ளரைக் கீழே வைத்துவிட்டுப் பின்னாலேயே போனான். கொல்லைச் சுவரில் ஏறி உட்கார்ந்து அது காதைத் திருப்பியது. ஒரு காது இடப்பக்கம், ஒரு காது வலப்பக்கம். இடப்பக்கம் கருவேலங்காடு. அந்தப் பக்கம் போ என்று மனதுக்குள் சொன்னான். அது வலப்பக்கம் திரும்பி, அடி மேல் அடி வைத்து, குருவம்மாள் வீட்டுப் பின்னறைக்குப் போனது. முன்பு ஆடு கட்டிய அறை. ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்கும் சுவருக்கும் நடுவில் ஒரு சாண் இடைவெளி. மைனா உடம்பைத் தட்டையாக்கிக்கொண்டு உள்ளே வழுக்கி இறங்கியது.

துவைக்கிற கல்லில் ஏறி அந்த இடைவெளியில் கண்ணை வைத்தான்.

தரையில் காக்கிக் குழாய்கள் கட்டுக் கட்டாக அடுக்கியிருந்தன. ஒரு பலகையில் அகலமான தட்டு. மேலே செய்தித்தாள் போர்த்தியிருந்தது. தாளின் ஓரத்தில் சாம்பல் நிறம் தெரிந்தது. கலந்த மருந்து. அதே பலகையில், தட்டை ஒட்டி, மைனா உட்கார்ந்திருந்தது. தட்டுக்கு அந்தப் பக்கம் ஓர் இரும்புக் கத்தரி.

கீழே ஒரு எலி குழாயைக் கரம்பிக்கொண்டிருந்தது. மைனாவிடம் அசைவே இல்லை. மீசை மட்டும் முன்னால் வளைந்தது. பிறகு பின்பாகம் மெல்ல ஆடத் தொடங்கியது. பாயப் போகிறது என்பதற்கு அதுதான் அடையாளம். குறி தப்பாது என்று அவனுக்குத் தெரியும். ஆனால் பின்னங்கால் எதை உதைத்துப் பாயும்?

மூடிய கதவுக்கு அந்தப் பக்கம் வேல்விழியின் குரல் கேட்டது. "பெரியம்மா, இன்னும் சீனி."

கத்தினால் பூனை மிரளும். கல்லிலிருந்து குதித்தால் சத்தம். அவன் மூச்சை நிறுத்தினான்.

மைனா பாய்ந்தது. தட்டு அரை வட்டம் சுழன்று நின்றது. செய்தித்தாள் நழுவியது. ஒரு கையளவு மருந்து பலகையிலிருந்து தரையில் கொட்டியது. கத்தரி விளிம்பு வரை நகர்ந்து, விழாமல் நின்றது. எலி ஒரே ஒரு தடவை கீச்சிட்டது. அவ்வளவுதான்.

செல்வக்குமார் சுற்றிக்கொண்டு முன்வாசலுக்கு வந்தான். வாசலுக்கு வெளியிலேயே நின்றான்.

"மதினி, பிள்ளையைத் தூக்கிட்டு வெளிய வாங்க."

"ஏன் தம்பி? பாதி இட்லிதான் தின்னுருக்கா."

"தட்டோட வாங்க. செருப்பை இழுக்காம வாங்க."

குருவம்மாள் அவன் முகத்தைப் பார்த்தாள். பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு, தட்டைக் கையில் பிடித்துக்கொண்டு நடந்தாள். தெருமுனைத் தண்ணீர்த்தொட்டிக்குப் பக்கத்தில் வந்துதான் நின்றார்கள்.

"யாரு சொன்னா?" என்றாள்.

"பூனை."

"வெளையாடாத."

"அது கொண்டாற எலி அம்புட்டுலயும் பவுடரு. இப்ப உங்க பின்னறையில தட்டைத் தள்ளிவிட்டுருக்கு."

குருவம்மாள் வேல்விழியை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். "ஏஜென்டு கொண்டாந்து எறக்கிட்டுப் போறான். நானா கேட்டேன்? எட்டு மாசமா அந்த மனுசன் லாரிக்கும் மூட்டைக்கும் நடுவுல நசுங்குறாரு. சத்தியமாச் சொல்லுதேன் தம்பி, அந்த அறைய எந்நேரமும் பூட்டித்தான் வைப்பேன். பிள்ளைய அந்தப் பக்கம் விட்டதே இல்ல."

"பிள்ளை போகல மதினி. எலி போகுது. எலிக்குப் பின்னால பூனை போகுது. பசையில ஏன் துத்தம் போடல?"

அவள் அவனை வெறித்துப் பார்த்தாள்.

"ஏம்லே, படிச்சவன்தானே நீ? துத்தம் வெசம். ஓம் மக நாள் பூரா ஏங்கூடத்தான கெடக்கா. கைய வாயிலருந்து எடுக்க மாட்டேங்கா. பசைச் சட்டியத் தொட்டுட்டான்னா நான் யாருக்குப் பதில் சொல்லுவேன்? அதான் வெறும் மைதாவக் காச்சுனேன்."

வேல்விழி சீனி ஒட்டிய விரலைச் சப்பிக்கொண்டிருந்தாள்.

"செவ்வாக்கிழமை லோடு எடுத்துருவான்" என்றாள் குருவம்மாள். "ரெண்டே நாளு. அதுவரை பூனையக் கட்டிப் போடேன்."

"எலிய எங்கன கட்டுறது?"

அவள் ஏஜென்டுக்குப் போன் போட்டாள். இரண்டு முறை மணி அடித்தது. மூன்றாம் முறை அணைத்து வைத்திருந்தது.

"அப்ப நானே அள்ளிக் காட்டுல கொட்டிருதேன். இல்லன்னா ஒரு கொடம் தண்ணிய ஊத்தி விட்டுருதேன்."

"தண்ணி பட்டா அந்தப் பவுடரு சூடாகும். தரையிலயும் சிந்திக் கெடக்கு. காலை வைக்கக் கூடாது."

"நீ போர்மேன்தானே. ஒனக்குத் தெரியாததா? நீ போயி எடுத்துரு."

அவனும் அதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தான். எப்படி வெறுங்காலோடு போக வேண்டும், எதை முதலில் நகர்த்த வேண்டும் என்பதெல்லாம் தெரியும். கைகளைத் தூக்கிப் பார்த்தான். இரண்டும் ஆடிக்கொண்டிருந்தன. நிறுத்திப் பார்த்தான், நிற்கவில்லை. இந்தக் கையோடு எந்த மருந்து அறைக்குள்ளும் அவன் யாரையும் விட்டதில்லை.

குருவம்மாளும் அந்தக் கைகளைப் பார்த்தாள்.

அப்போது மைனா தெரு ஓரமாக வந்தது. வாயில் எலி. நேரே வந்து குருவம்மாளின் காலடியில், வேல்விழிக்குக் கீழே, அதை வைத்தது. அண்ணாந்து பிள்ளையைப் பார்த்தது. பிறகு திரும்பியது. வந்த வழியே.

செல்வக்குமார் பாய்ந்து அதைப் பிடித்தான். முழங்கை வரை கீறியது. நெஞ்சோடு அமுக்கிக்கொண்டு, மறுகையால் தீயணைப்பு நிலையத்துக்குப் போன் போட்டான். என்ன இருக்கிறது, எவ்வளவு, எங்கே சிந்தியிருக்கிறது என்று சொன்னான். தெருவின் பெயரைச் சொன்னான்.

"வீடு யாருது சார்?" என்று மறுமுனையில் கேட்டார்கள்.

அவன் குருவம்மாளைப் பார்த்தான்.

"ஏம் பேரச் சொல்லு" என்றாள் குருவம்மாள். "எங்க வீட்டுக்காரவுக பேரு வேண்டாம். அவுக இந்த வேல வேண்டாம்னுதான் சொன்னாக."

சொன்னான்.

போனை வைத்தபோது அவள் பிள்ளையைக் கீழே இறக்கியிருந்தாள். தட்டை வேல்விழியின் மடியில் வைத்தாள். "ரெண்டு வாய் இருக்கு. நீயே தின்னுரு தாயி" என்றுவிட்டு எழுந்து தெருவுக்குள் நடந்தாள்.

"எங்க போறீக மதினி?"

"ஒம்பது வீடு இருக்குல்ல."

"நில்லுங்க. நான் போறேன்."

"நீ பூனையப் பிடி. விட்டா அது திரும்ப அங்கனதான் ஓடும்."

உண்மைதான். அவன் கைக்குள் மைனாவின் உடம்பு கல்லாக இறுகியிருந்தது. இரண்டு காதுகளும் பின்னறைப் பக்கமே திரும்பியிருந்தன. அங்கே இன்னும் எலிகள் இருந்தன. இவ்வளவு தூரத்திலும் அதற்குக் கேட்டது.

முதல் வீட்டுக் கதவைக் குருவம்மாள் தட்டினாள். "அடுப்ப அணைச்சிட்டு வெளிய வாங்க. பிள்ளைகளத் தூக்கிட்டு வாங்க." ஒரு பெண் குரல் எதற்கு என்று கேட்டது. "ஏம் வீட்டுல மருந்து இருக்கு. சிந்திக் கெடக்கு" என்றாள். அடுத்த வீட்டிலும் அதையே சொன்னாள். அதற்கடுத்த வீட்டிலும். குரலைத் தாழ்த்தவில்லை.

ஆட்கள் வந்தார்கள். கைலியோடு, ஈரத்தலையோடு, பிள்ளைகளோடு. தொட்டியருகில் கூடினார்கள். சிலர் செல்வக்குமாரைப் பார்த்தார்கள். அவன் எண்ணிக்கொண்டிருந்தான். ஏழு வீடு. எட்டு.

மிச்சம் பலவேசத்தின் வீடு. குருவம்மாள் வீட்டுக்கு அடுத்த சுவர். பலவேசத்துக்குக் காது கேட்காது. குருவம்மாள் தட்டினாள். காத்திருந்தாள். மறுபடி தட்டவில்லை. கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனாள்.

"அப்பா, பெரியம்மா எங்க?" என்றாள் வேல்விழி.

"வந்துருவாக."

தெரு காலியாக இருந்தது. செல்வக்குமார் அந்தக் கதவையே பார்த்துக்கொண்டு நின்றான். கையில் ரத்தம் வழிந்தது. மைனா திமிறியது. விடவில்லை.

வெகுநேரம் கழித்து, அல்லது ஒரு நிமிஷம்தான் இருக்கும், கதவு திறந்தது. பலவேசத்தின் தோளைத் தாங்கியபடி குருவம்மாள் வெளியே வந்தாள். அவர் செருப்பைத் தேடினார். அவள் வேண்டாம் என்று தலையாட்டி, அவரை வெறுங்காலோடு மெதுவாக நடத்திக்கொண்டு வந்தாள்.