கெர்லிண்டின் நாடி

ஃபோல்க்மார் டெஸ்ஸனோ இசையமைத்த துப்பறியும் படங்களைப் பார்த்து, ஞாயிற்றுக்கிழமைகளில் தொலைக்காட்சி முன்னால் பாதி ஜெர்மனி உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. அந்தப் பயம் எங்கிருந்து வந்தது என்று மியூனிக்கில் அவருடைய ஒலிப்பதிவுக்காரியான எனக்குத் தெரியும். அவர் மனைவி கெர்லிண்டின் மணிக்கட்டிலிருந்து வந்தது.

இசை சேர்க்காத படத்தை வீட்டில் ஓடவிட்டு, அவளைப் பக்கத்தில் உட்காரவைத்து நாடியைப் பிடித்துக்கொள்வார். கொலைகாரன் வந்தால் நாடி எகிறும், அவன் பிடிபட்டால் நிதானத்துக்கு வரும். அந்த வேகத்தை அப்படியே டிக் டிக் என்று ஒலிநாடாவில் ஏற்றிக் கொண்டுவருவார். வாத்தியக்காரர்கள் அதைக் காதில் மாட்டிக் கேட்டபடி வாசிப்பார்கள். பயந்தாங்கொள்ளியாகப் பார்த்துத்தான் கட்டிக்கொண்டார் என்று நான் கிண்டல் செய்தால், கெர்லிண்டே விழுந்து விழுந்து சிரிப்பாள்.

நவம்பரில் அவள் போய்ச் சேர்ந்தாள். பிப்ரவரியில் புதுப் படம் வந்தது. இயக்குநர் பிராமர்ட்ஸுக்கு ஃபோல்க்மார் அலுத்துவிட்டார். மின்னணு இசைக்கருவியோடு ஓர் இளவட்டத்தைத் தயாராக வைத்திருந்தார், புண்ணியவான். ஒரு சறுக்கல் போதும், ஃபோல்க்மாரின் பிழைப்பு போய்விடும்.

ஒலிப்பதிவு பிரமாதமாகத்தான் தொடங்கியது. கடைசி ரீலில்தான் எல்லாம் கோளாறு. கொலைகாரன் கையில் விலங்கு, அதிகாரி காபி குடிக்கிறார், ஆனால் காதில் டிக் டிக் ஏறிக்கொண்டே போகிறது. வயலின்காரர்களுக்கு மூச்சு வாங்கியது.

"அவனைத்தான் பிடிச்சாச்சே, இப்ப யாருக்கு என்ன பயம்?" என்றார் பிராமர்ட்ஸ். மறுநாள் காலைக்குள் மாற்றாவிட்டால் படம் கைமாறும் என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஒலிப்பதிவு அறையில் நாங்கள் இருவர் மட்டும் மிஞ்சியதும், யாருடைய நாடி இது என்று கேட்டேன். கெர்லிண்டுடையதுதான் என்றார், கோட்டு யாருடையது என்று கேட்டதற்குப் பதில் சொல்வதுபோல. எனக்குக் கோபமும் பயமும் சேர்ந்து வந்தன.

"அவளைப் புதைச்சப்ப நானும் பக்கத்துல நின்னேன், ஃபோல்க்மார்."

"நானும்தான் நின்னேன். ஆனா அவ நாற்காலில கையை வச்சா நாடி கிடைக்குது, இர்மெலா. நான் என்ன பண்ண?"

இந்த மனுஷனை இப்படியே விட்டால் உருப்படமாட்டார் என்று தோன்றியது. சட்டைக் கையை மடித்து நீட்டினேன். கடைசி ரீலுக்கு என் நாடியைப் பிடித்து எழுதி, பிழைப்பைக் காப்பாற்றிக்கொள்ளச் சொன்னேன். வெகுநேரம் தயங்கிவிட்டுப் பிடித்தார். ரீலை ஓடவிட்டேன்.

விலங்கு மாட்டும் இடம் வந்தது. அவர் சுண்டுவிரல் என் தோலைவிட்டு எழுந்தது. பிறகு அடுத்த விரல். அவராக எடுக்கவில்லை. நரம்பு புடைக்க அவர் அழுத்திப் பிடிக்கப் பார்க்கிறார், யாரோ ஒவ்வொன்றாகப் பிரித்து எடுக்கிறார்கள்.

அவர் பயப்படவில்லை. கண்ணீர்தான் வழிந்தது.

"இப்ப அவ கொலைகாரனுக்குப் பயப்படல," என்றார். "படம் முடிஞ்சதும் நான் கையை விட்டுடுவேன்ல, அதுக்குப் பயப்படறா. ஆஸ்பத்திரியிலயும் ரெக்கார்டிங்குக்கு நேரமாச்சுன்னு விட்டுட்டுத்தானே ஓடிவந்தேன்? திரும்பிப் போறதுக்குள்ள முடிஞ்சு போச்சு."

இசைத்தாள்களை என் மேசையிலேயே போட்டுவிட்டு வீட்டுக்குப் போனார். மறுநாள் காலை அந்த இளவட்டம் வந்து தன் கருவியை மாட்டினான். அதன் பிறகு ஃபோல்க்மாரை யாரும் கூப்பிடவில்லை.

மே மாதம், அந்தப் பருவத்தில் எங்கள் ஊரில் எல்லோரும் ஆசையாகச் சமைக்கும் வெள்ளைத் தண்ணீர்விட்டான் தண்டு ஒரு கட்டு வாங்கிக்கொண்டு அவரைப் பார்க்கப் போனேன். கை குலுக்க இடது கையை நீட்டினார். வலது கை உடம்பைவிட்டுச் சற்றுத் தள்ளி, எதையோ சுற்றிப் பிடித்த வாக்கில் மடங்கியிருந்தது. ஒற்றைக் கையாலேயே எனக்குக் காபி ஊற்றினார். ஒருமுறைகூட அந்த வலது கையை அசைக்கவில்லை.

மறுபடி இசையமைக்கப் போவதில்லையா என்று கேட்டேன்.

"சத்தமா பேசாத," என்றார். "இப்பதான் நிதானமா துடிக்குது."