வீசியவருக்கே துண்டு

பெட்டியிலிருந்து எடுத்தபோது துண்டு மஞ்சளடித்துக் கிடந்தது. சித்ரா அதை இரண்டு முறை துவைத்தாள். நீலம் போட்டாள். வெளுத்துவிட்டது. மடிப்பு விழுந்த இடங்களில் மட்டும் பழுப்புக் கோடுகள் போகவில்லை.

"தூரத்துக்குத் தெரியாது," என்றாள். "வீசுறப்ப வெள்ளையாத்தான் இருக்கும்."

அது அவள் மாமனார் சேவுகன் வாங்கிய துண்டு. கோடையில் பெரிய கண்மாயில் தண்ணீர் முழங்காலுக்கு இறங்கியதும் ஒருநாள் ஊரே இறங்கி மீன் பிடிக்கும். சுற்றுப்பட்டு ஆட்களும் வருவார்கள். கண்மாய் அழியுது என்பார்கள். கரையில் எத்தனை பேர் நின்றாலும், ஒருவர் மடை மேல் ஏறி வெள்ளைத் துண்டை வீசும்வரை ஒரு கால் தண்ணீரில் படாது. வீசும் உரிமை வீட்டுக்கு வீடு முறையாக வரும். ஒரு வீட்டுக்கு வந்துபோனால் மறுபடி வர ஒரு தலைமுறை ஆகும். துண்டு வீசியவருக்கே சொந்தம். முறை முடித்த வீடுகளில் அது சாமி படத்துக்குப் பக்கத்தில் தொங்கும்.

சேவுகனுக்கு முறை வந்த வருஷம் மழை இல்லை. கண்மாய் வெடித்துக் கிடந்தது. முறை யாருக்காகவும் நிற்காது. தண்ணீர் இருந்தாலும் இல்லாவிட்டாலும் அடுத்த வருஷம் அடுத்த வீட்டுக்குப் போய்விடும். அவர் துண்டை மடித்துப் பெட்டியில் வைத்தார். அதைப் பற்றி வீட்டில் யாரும் பேசியதில்லை.

இந்த வருஷம் முறை அவர் மகன் அருள்பாண்டிக்கு. ஐப்பசியில் நல்ல மழை. கண்மாய் நிறைந்து மறுகால் போனது. கண்ணில் புரை விழுந்து, ஆபரேஷனுக்கு வா வா என்று மகன் கெஞ்சியபோதெல்லாம் மாட்டேன் என்ற சேவுகன், தை பிறந்ததும் தானாகவே கேட்டார். "என்னைய மதுரைக்குக் கூட்டிட்டுப் போயிரு. கண்ணைப் பாத்துருவோம்."

எதற்கு என்று அருள்பாண்டி கேட்கவில்லை.

அருள்பாண்டி காரைக்குடியில் கார் ஓட்டுகிறான். பழைய செட்டியார் வீடு ஒன்றை ஹோட்டலாக்கியிருக்கிறார்கள். அங்கே தங்க வருகிறவர்களுக்கு ஊர் சுற்றிக் காட்டுவது அவன் வேலை. கோவிலூரில் முதல் விபூதி விருந்தாளிக்கு. ரோட்டோரம் இளநீர் வெட்டினால் முதல் காய் விருந்தாளிக்கு. 'நீங்க மொதல்ல சார்' என்பது, கை தானாகக் கியர் மாற்றுவதுபோல, அவன் வாயில் வரும். அதற்காகவே அவனைக் கேட்டு வருகிறவர்கள் உண்டு.

லீவு கேட்டபோது மேனேஜர் சொன்னார்: "மெட்ராஸ்லேர்ந்து ஒரு ஜோடி வந்துருக்காக. மீன்பிடி பாக்கணுமாம். நீ எப்படியும் போறவந்தானே, கூட்டிட்டுப் போயேன்."

முடியாது என்றிருக்கலாம். சொல்லவில்லை. வெளியூர்க்காரர்கள் நாலு பேர் பார்க்கத் தான் மடை மேல் நிற்பது அவனுக்குப் பிடித்திருந்தது. பிறகு யோசித்தபோதெல்லாம் இதில்தான் வந்து முட்டுவான்.

விடிவதற்குள் கிளம்பினார்கள். அக்ஷய்க்கு முப்பது வயதிருக்கும். சிரித்த முகம். அவன் மனைவி ஜனனி பின் சீட்டில் சாய்ந்து கொட்டாவி விட்டுக்கொண்டு வந்தாள்.

"நீங்கதான் சிக்னல் குடுக்கப் போறீங்களா? சூப்பர்ணா. வீடியோ எடுத்துடலாம்," என்றான் அக்ஷய்.

"எடுங்க சார்."

"வருஷா வருஷம் நீங்கதானா?" என்று ஜனனி கேட்டாள்.

"மொற வரும் மேடம்."

அவ்வளவுதான் சொன்னான். ஆயுசுக்கு ஒரு தரம் என்று சொல்லியிருக்கலாம். பெருமை அடிப்பதுபோல் இருக்கும் என்று விட்டுவிட்டான். கார் திருக்கோஷ்டியூரைத் தாண்டியது.

கண்மாய்க் கரை நெடுகக் கூட்டம். ஊத்தாக் கூடை, கச்சா வலை, கொசுவலை, பழைய சேலை, எது கிடைத்ததோ அதோடு வந்திருந்தார்கள். பனைமரத்தடியில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு சேவுகன் உட்கார்ந்திருந்தார். சலவை வேட்டி. ஆபரேஷனுக்குப் பிறகு கொடுத்த கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்திருந்தார். பக்கத்தில் சித்ரா செல்போனை மடை பக்கம் பிடித்து நின்றாள்.

கரையில் இருக்கும் கருப்பருக்குத் தேங்காய் உடைத்தார்கள். ஊர்த் தலைவரான அம்பலம் அந்தத் துண்டை வைத்த தட்டோடு மடைக்கு வந்தார். மடை மேல் நாலைந்து பேர்தான் நிற்கலாம். நன்றாகப் படம் எடுக்கட்டும் என்று அருள்பாண்டி அக்ஷயைக் கைகொடுத்து மேலே ஏற்றினான்.

"வீசுங்கப்பா, வெயில் ஏறுது!" என்று கீழேயிருந்து கத்தினார்கள்.

"பொறுங்கடா! மீனு எங்குட்டும் பஸ் ஏறிப் போயிறாது," என்றார் அம்பலம். தட்டிலிருந்து துண்டை எடுத்துக் கொடுத்தார். அருள்பாண்டி கும்பிட்டு வாங்கினான். திரும்பினான். அக்ஷயின் முகம் ஒரு முழத் தூரத்தில் இருந்தது. போனைப் பிடித்தபடி, வாயைத் திறந்து, கூட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"சார், நீங்க வீசுறீகளா?"

இந்தப் பக்கத்தில் அது கேள்வியே இல்லை. சாப்பிடுகிறவன் எதிரே வந்தவரைச் 'சாப்பிடுறீகளா' என்பதைப் போல. வந்தவர் கையெடுத்து, ஐயோ நீங்க சாப்பிடுங்க என்பார். கேட்டவருக்கும் மரியாதை, மறுத்தவருக்கும் மரியாதை.

அக்ஷய் போனை இறக்கினான். "நானா? நிஜமாவா? பரவாயில்லையா?"

அதற்கு என்ன பதில் சொல்லியிருக்க வேண்டும் என்று அருள்பாண்டிக்கு அதற்குப் பிறகு தினமும் தெரிந்தது. அந்த நேரம் அவன் வாய், "அட, வீசுங்க சார்," என்றது.

அக்ஷய் போனை அவன் கையில் கொடுத்துவிட்டுத் துண்டை வாங்கிக்கொண்டான்.

அருள்பாண்டி அம்பலத்தைப் பார்த்தான். அம்பலம் அவனைப் பார்த்தார். வேண்டாம் என்று கையை நீட்ட ஒரு மூச்சு நேரம் இருந்தது. அதற்குள் துண்டு மேலே போய்விட்டது. மேலே போன துண்டைக் கருப்பரே வந்தாலும் இறக்க முடியாது.

கரை உடைந்ததுபோல் ஜனம் இறங்கியது. தண்ணீர் ஒரு நொடியில் சேறானது. அருள்பாண்டி அதையெல்லாம் ஒரு சின்னத் திரையில் பார்த்தான். திரையில் சிவப்பு எழுத்தில் நொடிகள் ஓடிக்கொண்டிருந்தன. பனைமரத்தடியில் சித்ரா தன் போனை இறக்கியது தெரிந்தது. அதற்குப் பக்கத்தில் அவன் பார்க்கவில்லை.

"யாருப்பா இவுக?" என்றார் அம்பலம்.

"விருந்தாளிங்க."

"ம்," என்று தட்டை எடுத்துக்கொண்டு இறங்கிப் போனார்.

அக்ஷய் துண்டைக் கழுத்தில் சுற்றிக்கொண்டு தண்ணீரில் குதித்தான். விருந்தாளி இறங்கினால் கூட இறங்க வேண்டும். அருள்பாண்டி ஊத்தாவை எடுத்துக்கொண்டு பின்னால் போனான். அடியும் மேலும் திறந்த கூடை அது. சேற்றில் அழுத்தி, மேல்வாய் வழியாகக் கையை விட்டுத் துழாவ வேண்டும். நாலாவது தடவை அக்ஷய் அலறினான். கெளுத்தி முள் விரலில் ஏறியிருந்தது.

சித்ராவின் அண்ணன் பாண்டிமுருகன் பக்கத்தில் வலை இழுத்துக்கொண்டிருந்தான். மடியிலிருந்து சுண்ணாம்பை எடுத்து விரலில் தடவிவிட்டு, "ஒண்ணுமில்ல சார், கெளுத்தி கைகுடுத்துருக்கு," என்றான். பிறகு இந்தப் பக்கம் திரும்பினான். "ஏன் மாப்ள, அப்புடியே வீட்டு நெலத்தையும் எழுதிக் குடுத்துற வேண்டியதுதானே. பத்திரம் நான் வாங்கிட்டு வரவா?"

அருள்பாண்டி ஊத்தாவை அழுத்தினான். உள்ளே எதுவோ திமிறியது. விரால். முழங்கை நீளம். அதைப் பிடித்து, யோசிக்காமல், அக்ஷயிடம் நீட்டினான். கரையிலிருந்து ஜனனி படம் எடுத்தாள்.

மேலே ஏறியபோது அப்பாவைத் தாண்டித்தான் போகவேண்டியிருந்தது. சேவுகன் நாற்காலியிலிருந்து எழுந்து கும்பிட்டார். "வாங்க தம்பி. நல்லா வீசுனீக. நல்ல உசரமா வீசுனீக, எல்லாருக்கும் தெரிஞ்சுருக்கும்."

"உங்க பையன்தான் சார் சான்ஸ் குடுத்தார்," என்றான் அக்ஷய்.

"குடுப்பான். தாராளமான பய." அக்ஷயின் கையிலிருந்த விராலைத் தொட்டுப் பார்த்தார். "நல்ல மீனு. வீட்டுக்கு வந்து ஒரு வாய் சாப்புட்டுத்தான் போகணும்."

விருந்தாளிகள் முன்னால் நடந்தார்கள். அருள்பாண்டி நாற்காலியை மடக்க வழியில்லாமல் தூக்கிக்கொண்டான். அப்பா மெதுவாக வந்தார். ஏதாவது திட்டினால் நன்றாயிருக்கும் என்று நினைத்தான்.

"டாக்டர் நல்ல கைக்காரரு," என்றார் சேவுகன். "அம்புட்டும் தெளிவாத் தெரிஞ்சுச்சு."



சித்ரா விருந்தாளிகளுக்குக் குழம்பு ஊற்றினாள். இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று ஊற்றினாள். புருஷன் இலைப் பக்கம் வந்தபோது கரண்டி சட்டிக்குள் கிடந்தது.

சாயங்காலம் ஹோட்டல் வாசலில் இறங்கும்போது அக்ஷய் சேறும் ஈரமுமாக இருந்த துண்டைத் தூக்கிக் காட்டினான். "அண்ணா, இதை நான் வெச்சுக்கலாமா? வீட்ல ஃபிரேம் பண்ணி மாட்டப் போறேன். லைஃப்ல மறக்க மாட்டேன்."

தாராளமா சார் என்பது தொண்டை வரை வந்துவிட்டது. அருள்பாண்டி ஸ்டியரிங்கை இறுக்கிப் பிடித்தான். நாள் முழுவதும் சொல்லாத ஒன்றை இப்போதாவது சொல்லப் பார்த்தான்.

"ஈரமா இருக்கு சார். நாறிப்போகும். தொவச்சு அனுப்பிவிடுறேன்."

அதுதான் அவனால் முடிந்தது.

"செம. அட்ரஸ் வாட்ஸ்அப் பண்றேன்," என்று துண்டைக் கொடுத்தான் அக்ஷய். மடை வீடியோவும் அனுப்புவதாகச் சொன்னான். அன்றைக்கே இரண்டும் வந்தன. வீடியோவை அருள்பாண்டி திறக்கவில்லை. அதை எடுத்தவனே அவன்தானே.

சித்ரா துண்டைத் துவைத்துக் கொடியில் போட்டாள். அடுத்த நாள்தான் அவனிடம் பேசினாள். "செக்காலை ரோட்டுல புதுசா ஒண்ணு வாங்கி அனுப்பிவிடுங்க. அவுகளுக்கு என்ன தெரியவா போகுது. இது மாமா துண்டு. வீட்டுல கெடக்கட்டும்."

அவனுக்கும் அது சரியாகப் பட்டது. வண்டி ஓட்டிவிட்டு வரும்போது வாங்கிவந்தான். பாலிதீன் உறைக்குள் இருந்த புதுத் துண்டைப் பிரித்துக் காகிதத்தில் சுற்றிக்கொண்டிருந்தபோது சேவுகன் கட்டிலிலிருந்து எட்டிப் பார்த்தார். இப்போது அவர் கண்ணுக்கு எதுவும் தப்புவதில்லை.

"யாருக்கு இது?"

"மெட்ராஸ் தம்பிக்கு."

"இது அந்தத் துண்டு இல்லையே."

 அடுப்படியிலிருந்து சித்ராதான் சொன்னாள்: "அது இங்கயே இருக்கட்டும் மாமா. நீங்க வாங்குனது."

"வாங்குனா ஆச்சா?" கொடியில் கிடந்த துண்டைக் காட்டினார். "நான் வீசுனனா?"

மகன் பக்கம் திரும்பினார்.

"நீ வீசுனியாடா?"

"இல்லப்பா."

"பெறகு அது நம்ம வீட்டுல எதுக்கு? வீசுனவருக்குத்தான் துண்டு. மொறய மாத்தாத."

அவரே எழுந்து போய் அதை உருவிக்கொண்டு வந்து கட்டிலில் விரித்தார். அருள்பாண்டி ஒரு பக்க நுனிகளைப் பிடித்தான். அப்பா மறுபக்கம். தொலைவிலிருந்து தெரியாத பழுப்புக் கோடுகள் பக்கத்தில் நன்றாகத் தெரிந்தன. எப்படி மடிப்பது என்று யோசிக்க வேண்டியிருக்கவில்லை. கோட்டுக்குக் கோடு அது மடிந்தது.