மூன்று நாற்காலிக்கும் ஒரே சொந்தக்காரி

சலூன்காரருக்குக் கடையை விற்றே ஆக வேண்டும். கூட்டாளி ஒருவர் மீன்பிடிப் படகு வாங்குகிறார். பாதிப் பங்கு தருகிறேன் என்கிறார். வெள்ளிக்கிழமைக்குள் பணம் கட்டாவிட்டால் அது வேறொருவருக்குப் போய்விடும். இருபத்திரண்டு வருடம் நின்றுகொண்டே வேலை செய்த மனிதரிடம் உட்கார்ந்துகொண்டே சம்பாதிக்கலாம் என்று சொன்னால் காது குளிரத்தானே செய்யும்? தனக்கு நீந்தத் தெரியாது என்பதை அவர் ஒரு பொருட்டாகவே எடுத்துக்கொள்ளவில்லை.

வாங்குகிற ஆளை வெளியே தேட வேண்டியிருக்கவில்லை. கடையில் ஒன்பது வருடமாக முடி வெட்டும் பெண்ணே வாங்கிக்கொள்கிறேன் என்றாள். நாற்காலி மூன்று, கண்ணாடி, தண்ணீர்த் தொட்டி எல்லாம் சேர்த்து விலையும் பேசியாகிவிட்டது. வாய்க்கு வாய் அண்ணே என்பாள். ஆனால் காசு என்று வந்தால் அண்ணனாவது தம்பியாவது? முதலில் வில்லங்கம் பார்த்துவிடலாம் என்றாள். சலூன்காரருக்குச் சுருக்கென்றது. என் கடையிலா வில்லங்கம், நன்றாகப் பார்த்துக்கொள் என்றார். சும்மா இருந்திருக்கலாம். பார்க்கிற கூலியில் பாதியைத் தானே தருவதாகவும் சொல்லிவைத்தார்.

வில்லங்கம் பார்க்கிற அம்மாள், பதிவகத்துக்கு எதிரே, நகல் எடுக்கும் கடைக்கு மேலே ஒரு சின்ன அறையில் உட்கார்ந்திருப்பவர். யார் எந்தப் பொருளை யாரிடம் அடமானம் வைத்திருக்கிறார்கள் என்று அரசாங்கப் பதிவில் தேடிச் சொல்வதுதான் அவர் பிழைப்பு. எதையும் போனில் சொல்ல மாட்டார். விற்பவரையும் வாங்குபவரையும் பக்கத்தில் பக்கத்தில் உட்காரவைத்துத்தான் வாசிப்பார்.

திங்கட்கிழமை அப்படித்தான் வாசித்தார். கட்டடத்தின் மேல் ஒன்றுமில்லை. வரி பாக்கி இல்லை. வழக்கு இல்லை. சலூன்காரர் காலை ஆட்டிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். அந்த அம்மாள் தாளைப் புரட்டினார்.

"நாற்காலி மூணும் அடமானத்துல இருக்கு."

தொகையையும் படித்தார். கடைக்குப் பேசிய விலையைவிடக் கூடுதல். சலூன்காரர் சிரித்துவிட்டு, யாரிடமாம் என்று கேட்டார். அந்த அம்மாள் தாளை அவர் பக்கம் திருப்பினார். அவருடைய மனைவியின் பெயர் இருந்தது.

அப்போதுதான் அவருக்கு ஞாபகம் வந்தது. பதினோரு வருடத்துக்கு முன்னால், இவர் வாங்கிய கடனைத் திருப்பிக் கேட்டு நெருக்கிய சொந்த அண்ணன், நாற்காலிகளைத் தூக்கிக்கொண்டு போய்விடுவேன் என்று மிரட்டியிருந்தார். இவர் உடனே மனைவியிடம் பெருந்தொகை வாங்கி நாற்காலிகளை அவளிடம் அடமானம் வைத்ததாகப் பதிந்துவிட்டார். சல்லிக்காசு வாங்கவில்லை. தொகையை மட்டும் அண்ணன் பார்த்தால் மயக்கம் போடுகிற அளவுக்கு எழுதினார். அண்ணனும் பார்த்தார், திரும்பிப் போனார். பிறகு அந்தக் கடனும் அடைந்தது.

"அது எப்பவோ செத்துப்போன பதிவு மேடம். அஞ்சு வருஷம்தானே ஆயுசு?"

"சாகல. ரெண்டு தடவ புதுப்பிச்சிருக்காங்க. ஒரு நாள்கூடத் தள்ளிப்போகல," என்றார் அந்த அம்மாள், கொஞ்சம் மரியாதையோடு.

பதிவே பொய் என்று எழுதிக்கொடுத்துவிடலாமா என்று சலூன்காரர் கேட்டார். தாராளமாக என்ற அந்த அம்மாள், பொய்யாகப் பதிவு செய்தவருக்கு எத்தனை மாதம் சிறை என்பதையும் படித்துக் காட்டினார். கடையை வாங்க வந்தவள் கைப்பையை மூடிக்கொண்டு, வியாழக்கிழமைக்குள் இதைத் தீர்த்துக் கொடுங்கள், இல்லாவிட்டால் அடுத்த தெருவில் ஒரு கடை பார்த்து வைத்திருக்கிறேன் என்று பணிவாகச் சொன்னாள்.

வீட்டில் மனைவி துணிக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். இவர் சுற்றி வளைத்துப் பேச்சை எடுத்தார். படகு, பங்கு, விற்பனை எல்லாவற்றையும் அவள் அன்றைக்குத்தான் முதன்முதலாகக் கேட்டாள். இவருக்கு அது மூன்று மாதச் சங்கதி. அவள் சட்டைக் காலரைத் திருப்பிப் போட்டு அழுத்தினாள்.

"அதை எதுக்குப் போய்ப் புதுப்பிச்சே?"

"என் பேருக்கு லெட்டர் வந்துச்சு. புதுப்பிக்கணும்னா நேர்ல வாங்கன்னு போட்டிருந்துச்சு, போனேன். உங்களுக்கு லெட்டர் வந்தா நீங்க போறதில்லையா?"

அது சும்மா ஒப்புக்கு எழுதியது என்று விளக்கினார். எனக்கு யாரும் அப்படிச் சொல்லவில்லையே என்றாள். அன்றைக்கே சொன்னேனே என்றார். நீங்கள் சொன்னது இங்கே கையெழுத்துப் போடு என்பது மட்டும்தான் என்றாள். அவள் சொன்னது சரிதான். செவ்வாயும் புதனும் அவர் கெஞ்சியதில் அவளுக்கு இஸ்திரி வேலை முடிந்தது, அவ்வளவுதான்.

வியாழக்கிழமை அவளே நல்ல புடவை கட்டிக்கொண்டு பதிவகத்துக்கு எதிரே இருந்த அந்தச் சின்ன அறைக்கு வந்தாள். அடமானம் தீர்ந்தது என்று கையெழுத்துப் போடத் தயார், ஆனால் பதிவில் உள்ளபடி தொகை தன் கைக்கு வர வேண்டும் என்றாள். மொத்த விலையே அந்தத் தொகைக்குப் போதாதே என்று வில்லங்கம் பார்க்கிற அம்மாள் எடுத்துச் சொன்னார்.

"மீதிய விட்டுக்கொடுத்துடறேன். குடும்பம்தானே?"

கடையை வாங்குகிறவள் காசோலையை மனைவியின் பெயருக்கே எழுதினாள். மனைவி கையெழுத்துப் போட்டாள், மை காயும்வரை காத்திருந்தாள், காசோலையை மடித்துப் பைக்குள் வைத்தாள். சலூன்காரர் தொண்டையைச் செருமிக்கொண்டு, நாளைக்கு வெள்ளிக்கிழமை என்று நினைவுபடுத்தினார்.

"கடனா தரலாங்க. எழுத்துல போட்டுத் தரலாம். நீங்கதானே கத்துக்கொடுத்தீங்க?"

வில்லங்கம் பார்க்கிற அம்மாள் இழுப்பறையிலிருந்து ஒரு படிவத்தை எடுத்து, அடமானமாக எந்தப் பொருளை எழுதட்டும் என்று கேட்டார். சலூன்காரர் யோசித்தார். வீடு மனைவிக்கு அவள் அப்பா கொடுத்தது. கடை சற்று முன்புதான் போனது. கத்தரிக்கோல்கூட விற்ற பட்டியலில் ஏழாவதாக இருந்தது. அந்த அம்மாள் படிவத்தைத் திரும்ப இழுப்பறையில் வைத்துவிட்டார்.

கடையை வாங்கியவள் தன் தாள்களை அடுக்கிக்கொண்டு எழுந்தாள்.

"அண்ணே, சனிக்கிழமை கூட்டம் இருக்கும். எட்டரைக்கெல்லாம் வந்துடுங்க."

எந்த நாற்காலி என்று சலூன்காரர் கேட்டார். வந்ததும் சொல்கிறேன் என்றாள்.