ஜாக்கியில் கேட்காத சத்தம்

"திங்கட்கிழமையிலேருந்து லேடீஸ் பேட்ச்சையும் கதிரேசனே பாத்துப்பான். நீங்க வேற எடம் பாத்துக்குங்க மேடம்," என்றார் ஏகநாதன், சுவர்க் காலண்டரைப் பார்த்தபடி.

ராஜகீழ்ப்பாக்கத்தில் அவர் நடத்தும் டிரைவிங் ஸ்கூலில் பெண்களுக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பவள் பியூலா. சிட்லபாக்கம் ஏரிக்கரைத் தெருக்களில் இன்று அலட்டிக்கொள்ளாமல் ஓட்டிப் போகும் பெண்கள் பலர் அவளிடம்தான் கிளட்ச் மிதிக்கப் பழகினார்கள்.

"காரணம் சொல்லுங்க சார்."

"வாசல்ல நிக்குதே, அதான் காரணம்."

வாசலில் நின்றது பழைய சிவப்பு சான்ட்ரோ. கூரையில் எல் போர்டு. கற்றுக்கொடுப்பவர் உட்காரும் இடது பக்கத்திலும் ஒரு பிரேக், ஒரு கிளட்ச். கொஞ்ச காலமாக அதன் முன்பக்கத்தில் டொக் டொக்கென்று ஒரு சத்தம். ஸ்டீயரிங் நேராக நிற்பதில்லை. முன் டயர்கள் உள்விளிம்பில் மட்டும் மொட்டையாகத் தேய்ந்துகொண்டிருந்தன.

"சக்கரத்தைத் திருப்பற ஸ்டீயரிங் ரேக் அடி வாங்கிடுச்சுன்னு மெக்கானிக் பாய் சொல்லிட்டாரு. ஸ்பீட் பிரேக்கர்ல குதிக்க விடறது, பிளாட்பாரத்துல ஏத்த விடறது. கத்துக்க வர்றவங்களுக்குக் கண்ணு தெரியாது, சரி. பக்கத்துல ஒக்காந்திருக்கறவங்களுக்குமா தெரியாது?"

"என் பேட்ச்ல வண்டி எங்கயும் இடிச்சதில்ல."

"ஒடச்சவங்க யாரு ஒத்துக்கிட்டிருக்காங்க?"

பியூலாவுக்கு வேலை போவது ஒரு பக்கம். வண்டியை உடைப்பவள் என்ற பேர் ஒட்டிக்கொண்டால் தாம்பரத்திலிருந்து மேடவாக்கம் வரை எந்த ஸ்கூலும் அவளை இடது சீட்டில் உட்கார வைக்காது. இந்தத் தொழிலில் காலையில் ஒரு கடையில் சொன்ன பேச்சு சாயங்காலத்துக்குள் எல்லாக் கடைக்கும் போய்விடும். ஏகநாதன் சொல்லாமல் விடுகிற ஆளும் இல்லை.

"பாய் ஷெட்டுக்குப் போலாம்," என்றாள். "அவர் என் முன்னால சொல்லட்டும்."

"போங்க. போய் அவரோடவும் ஒரு சண்டை போடுங்க."

"நீங்களும் வாங்க சார். வண்டியையும் எடுங்க. அது இல்லாம சண்டை எப்படி?"

அமீருதீனின் ஷெட் ஒரு பக்கத் தெருவில், தகரக் கூரைக்குக் கீழே இருந்தது. இன்ஜின் என்றால் அவரை அடிக்க அந்தப் பக்கத்தில் ஆள் கிடையாது. அது அவருக்கும் தெரியும் என்பதுதான் தொல்லை. பியூலா இறங்குவதைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டிருந்த துணியை டிரம் மேல் வீசினார்.

"இன்னா மேடம், மறுபடியும் இந்த வண்டியா. எத்தினி வாட்டி பாக்கறது? ரேக் போச்சுன்னு சொன்னது காதுல வுழலியா?"

"என் கண்ணு முன்னாடி பாருங்க பாய்."

"பேஜாரா கீது சார் இவங்களோட," என்று ஏகநாதனிடம் சொல்லிவிட்டு ஜாக்கியை உருட்டிவந்தார்.

நடக்கப்போகிற சண்டை முழுவதும் அந்தக் காரின் ஒரு பாகத்தைப் பற்றியது. அதனால் அது எப்படி வேலை செய்கிறது என்று முதலில் பார்த்துவிடலாம். முன்சக்கரம் ஒவ்வொன்றையும் வண்டியின் அடிச்சட்டத்தோடு சேர்த்துப் பிடிப்பது ஓர் இரும்புக் கை. லோயர் ஆர்ம் என்பார்கள். அதன் வெளிமுனையில் சக்கரம். உள்முனையில், கதவுக்கு இருப்பதுபோல, கீல். மேடு பள்ளத்துக்கு ஏற்ப சக்கரம் ஏறி இறங்கும்போது கையும் அந்தக் கீலில் மேலும் கீழும் ஆடும். ஆனால் கதவுக் கீல் போல இரும்பும் இரும்பும் உரசாது. அங்கே இருப்பது ரப்பர். வெளியே ஒரு இரும்பு வளையம், உள்ளே ஒரு சிறு இரும்புக் குழல், நடுவில் இரண்டோடும் ஒட்டிப் பிடித்த தடித்த ரப்பர். இதற்குப் பேர் புஷ். குழலுக்குள் போகும் போல்ட்டை முறுக்கிவிட்டால் குழல் சட்டத்தோடு இறுகிவிடும், பிறகு சுழலாது. கை ஆடும்போதெல்லாம் ரப்பர்தான் ஈரத்துணியைப் பிழிவதுபோல் கொஞ்சம் முறுகும். கை பழைய இடத்துக்கு வந்ததும் முறுக்கு அவிழ்ந்து ஓய்வெடுக்கும். அந்த ஓய்வு கிடைக்கிற வரை ரப்பர் வருஷக்கணக்கில் உழைக்கும்.

அமீருதீன் வண்டியின் முன்பக்கத்தை ஜாக்கியில் தூக்கினார். சக்கரங்கள் தரையை விட்டுக் கீழே தொங்கின. சக்கரத்தை மேலும் கீழும் பிடித்து ஆட்டினார். கையின் வெளிமுனையைச் சக்கரத்தோடு சேர்க்கும் பால் ஜாயிண்டை நெம்புகோல் போட்டு நெம்பினார். அசையவில்லை. புஷ்ஷின் மேல் டார்ச்சை அடித்தார்.

"பாத்துக்கோ. போன வருஷம் பழைய ஆர்ம் தேஞ்சுபோச்சுன்னு நாந்தான் ரெண்டும் புச்சா போட்டேன். ரப்பர்ல ஒரு கீறல் கீதா? சொல்லு."

பியூலா குனிந்து பார்த்தாள். ரப்பர் கறுப்பாக, முழுசாக இருந்தது.

"ஆர்ம் நல்லா கீது, ஜாயிண்ட் நல்லா கீது. அப்ப சத்தம் எங்கேருந்து வருது? ரேக். ரேக் எதுனால போவும்? இடிச்சாதான் போவும்."

ஏகநாதன் தலையாட்டினார். "கேட்டுக்கிட்டீங்களா மேடம்?"

"சத்தம் எப்ப வருதுன்னு ஒரு தடவையாவது கேட்டீங்களா பாய்?"

"வண்டி குலுங்கனா வரும். வேற எப்ப வரும்?"

"வராது. பள்ளத்துல எறங்கினா கம்முனு இருக்கும். பிரேக் போட்டா ஒரு டொக். பிரேக்கை விட்டு நகர்ந்தா இன்னொரு டொக். நாள் முழுக்க ஸ்டூடண்ட்டுக்காக பிரேக் போடறது நான். என் கால் சொல்லுது."

அவள் கால் சொன்னது சரிதான். பிரேக் பிடிக்கும்போது சாலை டயரைப் பின்னால் இழுக்கும், வண்டியின் உடம்போ முன்னால் போகப் பார்க்கும். இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொள்வது அந்த இரும்புக் கை. அதைப் பின்னால் நகரவிடாமல் பிடித்து வைத்திருப்பது புஷ். புஷ் விட்டுவிட்டால் கை ஒரு விரல்கடை பின்னால் போய் மோதும். பிரேக்கை விட்டதும் திரும்பி வந்து மோதும்.

"ஜாக்கியில ஏத்தினதும் சக்கரத்துக்குக் கீழ ரோடே இல்ல. வண்டியோட எடையும் அதுல இல்ல. வலிக்காத நேரமா பாத்து வைத்தியம் பாக்கறீங்க."

"மேடம் எனக்கு கிளாஸ் எடுக்குது சார். ஃபீஸ் இன்னான்னு கேளு."

"உங்களுக்கு எல்.எல்.ஆர். போடறதே கஷ்டம் பாய்."

அமீருதீனின் முகம் மாறியது. பியூலா ஏகநாதன் பக்கம் திரும்பினாள். "துளசிங்கம் அண்ணன் வாட்டர் சர்வீஸ்ல ரேம்ப் இருக்கு. வண்டியை ஓட்டி ஏத்தினா நாலு சக்கரமும் நிக்கும். நிக்கற வண்டிக்கு அடியில போய் பாய் பாக்கட்டும். அப்பவும் ஒண்ணும் இல்லன்னா, ரேக்கை ஒடச்சது நாந்தான்னு நானே எல்லார்கிட்டயும் சொல்லிட்டுப் போறேன்."

"பாய், நீங்கதான் சாட்சி," என்றார் ஏகநாதன் உடனே. அவர் குரலில் சந்தோஷம் இருந்தது.

வாட்டர் சர்வீஸில் துளசிங்கம் ஒரு ஆட்டோவைக் கழுவிக்கொண்டிருந்தார். வந்தவர்கள் முகத்தைப் பார்த்துவிட்டு, "யாரு செத்துட்டாங்க?" என்று கேட்டுக்கொண்டே ஆட்டோவை நகர்த்தி ரேம்ப்பைக் காலி செய்துகொடுத்தார். சான்ட்ரோ முனகிக்கொண்டு ஏறி நின்றது. அமீருதீன் டார்ச்சோடு அடியில் போனார். பியூலாவும் சேலையைச் செருகிக்கொண்டு பின்னாலேயே போனாள்.

"நீ எதுக்கு வர?"

"சாட்சி எனக்கும் வேணும்ல."

டார்ச் வெளிச்சம் இடது புஷ் மேல் விழுந்தது. சற்று முன் முழுசாக இருந்த அதே ரப்பர் இப்போது வாயைப் பிளந்துகொண்டு இருந்தது. நகத்தை உள்ளே விடலாம்போல அகலம். அமீருதீன் வெளிச்சத்தை வலது பக்கம் திருப்பினார். அங்கேயும் அதே பிளவு, அதே திசையில்.

பியூலா காத்திருந்தாள். தண்ணீர் அவள் முதுகில் சொட்டியது.

"இடிச்சிருந்தா ஒரு பக்கம்தானே போகும் பாய்? ரெண்டு பக்கமும் ஒரே மாதிரியா இடிப்பாங்க? கை வளைஞ்சிருக்கா பாருங்க."

கை வளையவில்லை. ஒரு கீறல்கூட இல்லை. அமீருதீன் சட்டைப்பையிலிருந்து ஸ்பேனரை எடுத்து இடது போல்ட்டில் மாட்டி, பலம் கொடுத்துத் தளர்த்தினார். போல்ட் இளகிய நொடியில் உள்ளேயிருந்த குழல் தானாகவே டக்கென்று ஒரு திருகு திரும்பி நின்றது. யாரும் அதைத் தொடவில்லை. கிழியாமல் மிச்சமிருந்த ரப்பர், இத்தனை நாள் பிடித்துவைத்திருந்த முறுக்கை ஒரே மூச்சில் விட்டது.

அதைப் பார்த்து பியூலாவுக்கு எதுவும் விளங்கவில்லை. அமீருதீனுக்கு எல்லாமே விளங்கிவிட்டது. புது ஆர்ம் மாட்டியபோது சக்கரம் தொங்கிக்கொண்டிருக்க, கைக்கு வசதியாக, அங்கேயே போல்ட்டை முறுக்கி முடித்திருந்தார். அதனால் தொங்குகிற நிலைதான் ரப்பருக்கு ஓய்வு நிலையாகப் போய்விட்டது. வண்டி தரையில் இறங்கி எடை ஏறியதும் கை மேலே எழும்பியது. சும்மா நிற்கும்போதே ரப்பர் முறுகி நின்றது. ஒவ்வொரு மேடும் அதை இன்னும் முறுக்கியது. ஓய்வே இல்லாத ரப்பர் கிழிந்தது. ஜாக்கியில் தூக்கும்போதெல்லாம் அது தன் ஓய்வு நிலைக்குப் போய், பிளவை மூடிக்கொண்டு, நல்லபிள்ளையாக அவருக்கு முகம் காட்டியது.

"என்ன பாய், ரேக்தானே?" வெளியிலிருந்து ஏகநாதன் குரல்.

அமீருதீன் டார்ச்சை அணைத்தார். பிறகு, "ரேக் நல்லா கீது சார். ஆர்ம் ரெண்டும் போச்சு," என்றார்.

"போட்டு ஒரு வருஷம்தானே ஆகுது? இடிச்சுத்தான் போயிருக்கும்."

"ரப்பர் சரக்கு சரியில்ல."

"சரக்கு மேல போடறீங்களா?" என்றாள் பியூலா தாழ்ந்த குரலில். "இவ்ளோ நேரம் என் மேல. இப்ப ரப்பர் மேல. உங்க கைக்கு மட்டும் ஒண்ணும் வராதா?"

"வாய மூடிகினு வெளிய போ. தண்ணி வுழுது."

அவள் நகரவில்லை. இடித்தாள் என்கிற பேச்சுக்கு அவர் இன்னும் மறுப்புச் சொல்லவில்லை. சரக்கு சரியில்லை என்பது ஏகநாதனுக்குப் போதாது. பாதிப் பழி அவள் மேலேயே நிற்கும்.

போல்ட்டை மறுபடி இறுக்கி, வண்டியை மெல்ல ஷெட்டுக்குக் கொண்டுவந்தார்கள். தாம்பரத்திலிருந்து புது ஆர்ம்கள் வந்து சேரும்வரை மூன்று பேரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். வேலை தொடங்கியதும் ஏகநாதன் எழுந்து போய் பக்கத்தில் நின்றுகொண்டார். எந்த மெக்கானிக்கிடமும் வண்டியைத் தனியாக விடாத ஆள் அவர்.

அமீருதீன் வண்டியைத் தூக்கி, ஸ்டாண்டு கொடுத்து, சக்கரங்களைக் கழற்றினார். பால் ஜாயிண்டைப் பிடித்திருந்த போல்ட்டை எடுத்து, சுத்தியலால் தட்டி இறக்கினார். பழைய ஆர்ம் கழன்று வந்தது. அதைக் கீழே வைத்த விதத்தில் ஷெட்டே அதிர்ந்தது. புது ஆர்மைப் பொருத்தி, பால் ஜாயிண்டை ஏற்றி இறுக்கி, உள்முனைப் போல்ட்களைக் கையால் திருகி விட்டார். ஸ்பேனரை மாட்டினார். பழகின கை, ஒரே இழுப்பில் முடிகிற வேலை. அந்த இழுப்பு வரவில்லை. பியூலா பெஞ்சிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

அமீருதீன் ஸ்பேனரைக் கழற்றினார். போல்ட்களைத் தளர்வாகவே விட்டுவிட்டுச் சக்கரங்களை மாட்டினார். மூலையிலிருந்து மரக்கட்டைகளை இழுத்துவந்து சக்கரங்களுக்குக் கீழே வைத்து, வண்டியை அவற்றின் மேல் இறக்கினார். பானட்டில் இரண்டு கையையும் ஊன்றி வண்டியை அழுத்தி அழுத்தி விட்டார், அது தன் எடையில் அமர்ந்து நிற்கும்வரை. பிறகு மல்லாந்து படுத்து, அந்தக் குறுகிய சந்துக்குள் முதுகைத் தேய்த்துக்கொண்டு நுழைந்தார்.

"என்ன பாய் இது?" என்றார் ஏகநாதன். "போன தடவை சக்கரம் தொங்கும்போதே முறுக்கினீங்க. நான் இங்கதானே நின்னேன். இப்ப எறக்கிட்டு ஏன் அடியில போய் கஷ்டப்படறீங்க?"

வண்டிக்கு அடியில் ஸ்பேனர் ஒரு தடவை இழுபட்டு நின்றது.

"இப்படித்தான் முறுக்கணும் சார்."

"அப்ப போன தடவை?"

"கம்முனு நில்லு சார்."

"இல்ல பாய், நான் கேக்கறது..."

"போன தடவை நான் பண்ணது தப்பு. அதுலதான் கிழிஞ்சுது. போதுமா? அந்தம்மா வண்டிய எங்கயும் இடிக்கல." குரல் காருக்கு அடியிலிருந்து, காரின் அடிவயிற்றைப் பார்த்துச் சொல்லப்பட்டதாக வந்தது. "இத வெளிய ஒக்காந்து கேட்டுகினு இருக்கறவங்களுக்கும் சேத்துத்தான் சொல்றேன். இன்னொரு வாட்டி கேட்டா மிச்ச போல்ட்ட நீயே முறுக்கிக்க."

ஏகநாதன் ஒரு எட்டு பின்னால் போனார். பியூலாவின் பக்கம் அவர் திரும்பவில்லை.

ஆர்ம் மாற்றினால் சக்கரக் கோணம் மாறியிருக்கும். அலைன்மென்ட் பார்த்துத்தான் ஆகவேண்டும். பியூலா யாரையும் கேட்காமல் டிரைவர் சீட்டில் ஏறினாள். ஏகநாதன் இடது பக்கம் உட்கார்ந்தார். போகிற வழியில் எதையாவது கண்டுபிடிக்கலாம் என்ற நினைப்பிலோ என்னவோ அமீருதீனும் பின்னால் ஏறிக்கொண்டார். வண்டி வேளச்சேரி சாலையில் திரும்பியது.

"திங்கட்கிழமை பேட்ச்சுக்கு நீங்களே வந்துடுங்க மேடம்," என்றார் ஏகநாதன், ஜன்னலுக்கு வெளியே பார்த்தபடி. எதுவுமே நடக்காத மாதிரி ஒரு குரல்.

"வரேன். கதிரேசன்கிட்ட என்னைப் பத்தி என்ன சொன்னீங்களோ, அதை இல்லன்னு நீங்களே சொல்லுங்க. அவர் வாயால அது ஏற்கெனவே எங்கெல்லாம் போச்சோ, அங்கெல்லாம் அவரையே சொல்ல வைங்க. அது வரைக்கும் நான் பேட்ச் எடுக்க மாட்டேன். சிட்லபாக்கத்து லேடீஸ் வந்து ஆபீஸ்ல ஒக்காந்திருப்பாங்க. நீங்க பதில் சொல்லிக்குங்க."

"இதெல்லாம் ஓவரு மேடம்."

"காலையில நீங்க பேசினதுக்கு இது கம்மி சார்."

ஏகநாதன் ஜன்னல் கண்ணாடியை ஏற்றினார். பிறகு, செல்போனை எடுத்து கதிரேசனைக் கூப்பிட்டார். "டேய், அந்த வண்டி மேட்டர்... மேடம் மேல தப்பில்ல. ஆமா. பாய் பண்ணது. ஆமாடா, நீ யார்கிட்ட சொன்னியோ அவங்ககிட்டயே சொல்லிடு." கசப்பு மருந்து குடித்தவர்போல் போனைப் பையில் போட்டார்.

"பாய் பண்ணதுன்னு ஊர் பூரா சொல்லணுமா?" என்றார் அமீருதீன் பின்னாலிருந்து.

"பியூலா பண்ணதுன்னு சொன்னப்ப நல்லா இருந்துச்சா?"

"வண்டிக்குக்கூட இவ்ளோ வாய் கிடையாது."

முன்னால் போன ஷேர் ஆட்டோ ஆள் ஏற்ற நின்றது. பியூலா தேவைக்குக் கொஞ்சம் அதிகமாகவே பிரேக்கை அழுத்தினாள். அமீருதீனின் நெற்றி முன்சீட்டில் முட்டியது. வண்டியின் முன்பக்கத்திலிருந்து ஒரு சத்தமும் வரவில்லை. வந்த சத்தம் முழுவதும் பின்சீட்டிலிருந்துதான்.